நண்டுக்கால் ரஸம் வைக்கும் முறை

ஐப்பசி, கார்த்திகை மாதங்களில் அடைமழை பிடித்துக்கொண்டு, வீட்டில் ஒருவர் பின் ஒருவராக ஜலதோஷத்தால் வருந்துங்காலத்தில், காவிரிப் படுகைக் கிராமங்களில் வயல் நண்டைப் பிடித்துவந்து ரஸம் வைத்துக் கொடுப்பது நெடுநாளைய வழக்கமாகும். கடற்கரைக் கிராமங்களில் இதே ரஸம் கடல் நண்டின் கால்களைக் கொண்டு வைக்கப்படுகிறது. நண்டின் உடலும் பெரிய கொடுக்குகளும் குழம்புக்குப் போய்விட, சதை எடுப்பதற்குச் சிரமமான சிறு கால்கள் குப்பைக்குப் போகாமல் உரலில் இடிபட்டு ரஸமாகின்றன. இதற்காகும் செலவு சொற்பம். கிடைக்கும் ஆகாரமோ கொழுப்புக் குறைந்து புரதச் சத்து மிகுந்தது. ஆனால் இதனையும் மிளகு ரஸத்தைப் போலவே பாவித்து, நுரை கட்டிய மாத்திரத்தில் அடுப்பினின்றும் இறக்கிவிடுகிற வீடுகளும் உண்டு. ஏனைய ரஸங்களுக்கு நன்றாய்ப் பொருந்துகிற இவ்விதி, நண்டு ரஸத்திற்கு மட்டும் பொருந்தாது. அது ஏன் என்பதைப் பின்னே விரிவாய்க் கூறுவோர் சொற்பமாதலால், சமையலுக்குரிய மற்ற விவரங்களோடு அதுவும் இங்கு எடுத்துக்கூறப்படுகிறது.

நண்டிற்குக் கால்கள் பத்து. முன்னிருக்கும் இரண்டும் கொடுக்குகள். அவற்றிற்குப் பின் நடப்பதற்கான கால்கள் அமைந்துள்ளன. கடலில் நீந்தும் ஜாதி நண்டுகளுக்குக் கடைசி ஜோடிக் கால்கள் துடுப்பைப் போல் தட்டையாக இருக்கும். இது பற்றியே நீல நண்டிற்குக் கடற்கரையில் ஓலைக்கால் நண்டு என்னும் பெயரும் வழங்குகிறது. இத்துடுப்புக் கால்களை ஆட்டுவிக்கும் பெருந்தசை, காலில் இராமல் கால் உடலோடு சேருமிடத்தில் இருக்கிறது. ஆதலால் துடுப்புக் காலை நுனியில் பற்றி ஒடிக்காமல், அடிப்பாகத்தோடு சேர்த்துப் பிடுங்கினால், வெள்ளை வெளேரென்ற சதைக்கட்டி ஒன்று கூடவே வரும். நண்டின் உடலில் இதுவே மிகவும் ருசியான பாகம். அவசரத்தில் காலை ஒடித்து எறிகிறவர்கள் இழப்பது இதனையே.

வாங்கும்போது கவனிக்க வேண்டியது முதலாவது உயிர். சேற்று நண்டும் வயல் நண்டும் ஈரமும் நிழலும் இருந்தால் தண்ணீருக்கு வெளியேயும் சில நாள் பிழைத்திருக்கும். எனவே பழவேற்காடு, பிச்சாவரம், முத்துப்பேட்டை முதலிய கழிமுகப் பிரதேசங்களிலிருந்து கொடுக்குகளைக் கயிற்றால் கட்டிக் கொண்டுவரப்படும் சேற்று நண்டு, வாங்கும் சமயத்தில் அசைந்துகொண்டிருக்கவேண்டும். செத்துக் கிடப்பதை எவ்வளவு மலிவாகக் கொடுப்பினும் வாங்கலாகாது. நண்டு இறந்தவுடன் அதன் ஜீரணச் சுரப்பியிலுள்ள திரவம் சொந்தச் சதையையே கரைக்கத் தொடங்குகிறது. கிருமிகளும் விரைவில் பெருகுகின்றன. சதை குழகுழவென்று ஆவதும், நவச்சாரத்தைப் போன்ற நெடி வீசுவதும் இதனாலேயே. நீல நண்டும், முதுகில் மூன்று சிவந்த புள்ளிகளையுடைய முக்கண் நண்டும் வலையினின்று எடுத்தபின் நெடுநேரம் உயிர் தரிப்பதில்லை. இவை படகிலேயே பனிக்கட்டியில் இடப்பட்டு வருவனவாதலால், இவற்றில் உயிரைத் தேடிப் பயனில்லை. காலைத் தூக்கிப் பார்த்தால் அது துவண்டு தொங்காமல் விறைப்பாக இருத்தல் வேண்டும். மூட்டில் நெடி இருக்கலாகாது.

இரண்டாவது, கனம். அமாவாசை நண்டில் சதை மிகுதி, பௌர்ணமி நண்டில் தண்ணீர் மிகுதி என்று சொல்வதுண்டு. திதியைப் பார்ப்பதைவிடக் கையில் தூக்கிப் பார்ப்பதே நிச்சயமான வழி. நண்டு வளரும்பொருட்டு அவ்வப்போது பழைய ஓட்டைக் கழற்றிவிட்டுப் புதிய ஓட்டைக் கட்டிக்கொள்கிறது. ஓடு மாற்றிய சில நாட்களில் உருவம் பெரிதாகத் தோன்றினும் உள்ளே சதை நிரம்பியிராது, பெரும்பாகம் நீரே. ஒரே அளவுள்ள இரண்டு நண்டுகளை இரண்டு கைகளிலும் எடுத்துப் பார்த்து, கனத்ததைக் கொள்ளவேண்டும். அடிவயிற்றின் ஓரத்தை விரலால் அழுத்தினால் அமுங்குவதை விலக்கவேண்டும்.

அடிவயிற்றில் மடிந்திருக்கும் மூடி ஆணுக்குக் குறுகலாகவும் பெண்ணுக்கு அகன்றும் இருக்கும். பெண் நண்டின் மூடிக்கடியில் முட்டைத் திரள் வெளியே தெரியுமாயின் அதைத் தண்ணீரில் விட்டுவிடுதலே முறை. கடல் நண்டு ஒன்று சுமக்கும் முட்டைகள் இலட்சக்கணக்கானவை. வயல் நண்டின் முட்டைகள் அவ்வளவு அதிகமில்லை. ஆயின் அதன் குஞ்சுகள் முட்டையினின்றும் சிறு நண்டுகளாகவே வெளிவந்து, சில காலம் தாயின் மூடிக்கடியிலேயே ஒட்டியிருக்கும். வரப்பில் வளை தோண்டித் தண்ணீரைக் கசியவிடும் பிராணிக்கு இரக்கம் காட்டுவதா என்று உழவர் கேட்கக்கூடும். அக்கேள்வியில் நியாயம் இல்லாமலில்லை. கடல் நண்டை மட்டுமாவது விட்டுவிட்டால் மீனவர் சங்கத்தினர் மனம் குளிர்வர். பூச்சிமருந்து தெளித்த வயலிலிருந்து பிடித்த நண்டை எக்காரணம் பற்றியும் அடுப்பிலேற்றலாகாது.

இனி, நண்டை உயிரோடு கொதிநீரில் போடும் வழக்கம் சில இடங்களில் உண்டு. இது கொடுமை என்பதொருபுறமிருக்க, சமையலுக்கும் நஷ்டமே. ஆபத்து நேர்ந்தால் காலைத் தானே கழற்றிப் போட்டுவிட்டுத் தப்பும் சக்தி நண்டிற்கு உண்டு. கொதிநீரில் விழுந்ததும் அது துடித்துக் கால்களை உதிர்த்துவிட, கழன்ற இடத்தின் வழியே தண்ணீர் புகுந்து சதையின் சாரம் வெளியேறிவிடுகிறது. நொறுக்கிய பனிக்கட்டியில் அரைமணி நேரம் புதைத்து வைத்தால் நண்டு அசைவற்று மரத்துப்போகும். அப்பொழுது மல்லாத்திப் பிடித்து, அடிவயிற்று மூடியைத் தூக்கி, அதன் அடியில் தெரியும் சிறு குழியில் கூரான இரும்புக் கம்பியை அழுத்திச் செலுத்தினால் உடனே உயிர் நீங்கும். அதற்குப் பின்னரே கால்களைப் பிரிக்கவேண்டும்.

பிரித்த கால்களைத் தேங்காய் நாரினால் தேய்த்து, தெளிந்த நீரில் மும்முறை அலசவேண்டும். மூட்டுகளின் இடுக்கில் சேறு தங்கியிருக்கும். கொடுக்குகளை வேறாக வைத்து, துணியால் மூடி, அம்மிக் குழவியால் ஒரே அடியாக அடித்து ஓட்டில் விரிசல் உண்டாக்கிக் குழம்பில் சேர்த்தால், மசாலை உள்ளே இறங்கும். பல அடிகள் அடித்தால் ஓட்டுத் துண்டுகள் சதைக்குள் புகுந்து உண்போரின் பல்லைப் பதம் பார்க்கும். நடுத்தரமான கொடுக்கிற்குக் கொதிக்கும் குழம்பில் பதினைந்து நிமிஷம் போதும். அதற்கு மேல் வெந்தால் சதை நாராகிவிடும்.

கால்களைக் குழம்பிலும் ரஸத்திலும் சேர்க்காமல் வெறுமனே வேகவைத்து உண்ண விரும்புவோர், இட்லிப் பானையில் தண்ணீரைக் கொதிக்கவிட்டு, தட்டில் கால்களைப் பரப்பி, எட்டு அல்லது பத்து நிமிஷம் ஆவியில் அவிக்கலாம். தண்ணீரிலிட்டு வேகவைப்பதானால் லிட்டர் ஒன்றுக்கு 35 கிராம் உப்புச் சேர்த்தால் ஏறக்குறைய கடல்நீரின் உப்புக்குச் சமமாகும். சதையின் ருசி நீரில் கரைந்து போவதும் குறையும். வெந்த காலின் இரு மூட்டுகளையும் வெட்டி, பலகைமேல் வைத்து, குறுகிய முனையிலிருந்து அகன்ற முனையை நோக்கிச் சப்பாத்திக் குழவியை அழுத்தி உருட்டினால், சதை முழுத்துண்டாகப் பிதுங்கி வெளிவரும். பல்லால் கடித்து உறிஞ்ச இயலாத முதியோர்க்கும் சிறுவர்க்கும் இது மிகவும் உதவியான உபாயம்.

ரஸத்திற்கு வருவோம். ஆறு பேர் கொண்ட குடும்பத்திற்கு ஒரு கிலோ கடல் நண்டின் சிறு கால்கள் போதுமானவை. வயல் நண்டானால் எட்டு அல்லது பத்து நண்டுகளின் கால்களும் கொடுக்குகளும் வேண்டும். இரண்டு சிறு கரண்டி மிளகு, ஒரு சிறு கரண்டி சீரகம், பூண்டு எட்டுப் பல், சாம்பார் வெங்காயம் ஒரு பிடி ஆகியவற்றை அம்மியில் ஒன்றிரண்டாகத் தட்டிக்கொள்ளவேண்டும். புளி நெல்லிக்காயளவு போதும். புளி மிகுந்தால் நண்டிற்கு இயல்பாயுள்ள தித்திப்பு மறைந்துவிடும். தக்காளி இரண்டு சேர்ப்பவர்கள் புளியை இன்னும் குறைக்கலாம்.

கால்களை இடிப்பதில் இரண்டு வகை உண்டு. பச்சையாகவே உரலிலிட்டு இடித்து, தண்ணீர் விட்டுக் கரைத்து வடிகட்டிய சாற்றைக் கொதிக்கவைப்பது ஒன்று. இச்சாறு சூடேறும்போது அதிலுள்ள புரதம், முட்டையின் வெண்கரு திரள்வதுபோல், மெல்லிய பஞ்சாகத் திரண்டு மேலே மிதக்கும். ருசி மிகுந்த பாகம் அதுவேயாதலால், வடிகட்டுவதைக் கொதிப்பதற்கு முன்னரே செய்து முடிக்கவேண்டும். பின்னர் வடிகட்டினால் சத்தெல்லாம் துணியில் தங்கிவிடும். மற்றொரு வகை, கால்களை முதலில் ஒன்றரை லிட்டர் தண்ணீரில் மஞ்சள் சேர்த்துப் பத்து நிமிஷம் கொதிக்கவிட்டு, எடுத்து இடித்து, அவ்வெந்நீரிலேயே கரைத்து வடிகட்டுவது. முதல் வகையில் ருசி சற்று அதிகம் என்பதை மறுப்பதற்கில்லை. கடல் நண்டிற்கு எந்த வகையைக் கைக்கொண்டாலும், முடிவில் நன்கு கொதிக்கவைத்தால் போதும். வயல் நண்டு, ஆற்று நண்டு, ஓடை நண்டு ஆகியவற்றிற்கு இரண்டாவது வகையே தக்கது.

இதற்குக் காரணம் நன்னீர் நண்டுகளில் குடியிருக்கக்கூடிய நுரையீரல் புழு. இப்புழுவின் முட்டைகள் நோயாளியின் கோழையோடு வெளிப்பட்டுத் தண்ணீரைச் சேர்கின்றன. முட்டையினின்று வெளிவரும் குஞ்சு முதலில் நத்தைக்குள்ளும், பின்னர் நண்டிற்குள்ளும் புகுந்து, நண்டின் சதையில் கண்ணுக்குத் தெரியாத சிறு கூட்டினுள் அடங்கியிருக்கிறது. வேகாத நண்டை உண்டவர் வயிற்றில் கூடு கரைய, புழு குடலைத் துளைத்துக்கொண்டு மார்பினுள் ஏறி நுரையீரலில் தங்குகிறது. நாள்பட்ட இருமல், இரத்தம் கலந்த கோழை, மார்வலி இவையே குறிகள். பார்ப்பவர் க்ஷயரோகம் என்றே கருதுவர். மணிப்பூரில் 1980-ஆம் ஆண்டை அடுத்த வருஷங்களில் இந்நோய் கண்டறியப்பட்டது. க்ஷயரோகத்திற்கு மருந்துண்டும் குணமடையாத சிலருக்கு உண்மையில் இருந்தது இப்புழுவே. நாகாலாந்து, அருணாசலப் பிரதேசம் ஆகிய பகுதிகளிலும் இது காணப்பட்டிருக்கிறது. கொரியா தேசத்தில், நண்டிற்கு உறவான நன்னீர்ச் சிங்கி இறாலைப் பச்சையாக நசுக்கி, அச்சாற்றைத் தட்டம்மை கண்ட குழந்தைகளுக்கு மருந்தாகப் புகட்டும் வழக்கம் முன்னாளில் இருந்தது. நோய்க்கென்று கொடுத்த சாற்றினாலேயே அக்குழந்தைகளிற் பலருக்கு நுரையீரல் புழு உண்டாயிற்று. பிராஸிகுவாண்டல் என்னும் மாத்திரையால் இந்நோயைக் குணப்படுத்தலாம். ஆயினும் நோய் இன்னதென்று அறிவதற்குள் மாதங்கள் கழிந்துவிடுகின்றன.

நன்றாக வெந்த நண்டில் இப்புழு உயிர் தரிப்பதில்லை. பச்சை நண்டை இடிக்கும்போது தெறிக்கும் சாறும், கழுவாத உரலும், அதே கத்தியால் நறுக்கிய கொத்தமல்லித் தழையுமே சங்கடத்தை விளைவிப்பவை. முதலில் வேகவைத்துப் பின்னர் இடித்தால் இவையனைத்தும் ஒருங்கே நீங்கும். கடல் நண்டில் இப்புழு இல்லை. பேதியை உண்டாக்கும் கிருமிகள் அதிலும் இருக்கக்கூடுமாதலின், அதனையும் அரைவேக்காட்டில் உண்ணலாகாது. ஓடு சிவந்துவிட்டதே, வெந்துவிட்டது என்று கொள்வது தவறு. ஓட்டிலுள்ள செந்நிறப் பொருள் உயிருள்ளபோது ஒரு புரதத்தோடு கூடி நீலமும் பச்சையுமாகத் தோன்றுகிறது. சூடு பட்டவுடன் அப்பிணைப்பு நீங்கிச் சிவப்பு வெளிப்படுகிறது. உள்ளே சதை வேகுமுன்னரே ஓடு சிவந்துவிடும்.

எனவே வடிகட்டிய சாற்றில் புளித்தண்ணீர், தட்டிய சாமான்கள், உப்பு இவற்றைச் சேர்த்து அடுப்பிலேற்றி, நுரை கட்டியபின் இறக்காமல், தளதளவென்று பத்து நிமிஷம் முழுவதும் கொதிக்கவிடவேண்டும். மிளகின் மணம் கொதியில் குறைந்துவிடும் என்று அஞ்சுவோர், தட்டிய மிளகில் பாதியைக் கடைசியில் தூவிக்கொள்ளலாம். வடிகட்டுவதற்குச் சல்லடை போதாது. மெல்லிய வேஷ்டித் துணியை இரட்டையாக மடித்து உபயோகிக்கவேண்டும். ஊசிபோன்ற ஓட்டுச் சிம்பு ஒன்று குழந்தையின் தொண்டையில் சிக்கினால் ரஸத்தின் நன்மை முழுவதும் மறந்துபோகும். நல்லெண்ணெயில் கடுகு, வற்றல் மிளகாய், கறிவேப்பிலை தாளித்துக் கொட்டி, வேறு கத்தியால் நறுக்கிய கொத்தமல்லித் தழையைத் தூவி, சூடாகவே பரிமாறவேண்டும்.

இந்த ரஸம் ஜலதோஷத்தைப் போக்கும் மருந்தா என்று கேட்டால், ஆவியும் மிளகும் மூக்கடைப்பை இளக்குகின்றன, பசியற்றுக் கிடந்தவர் இரண்டு கவளம் சோறு உட்கொள்கிறார் என்ற அளவில் சொல்லலாம். இரண்டு வாரத்திற்கு மேற்பட்ட இருமலுக்கு ரஸத்தை நம்பியிராமல் வைத்தியரிடம் செல்வது அவசியம். நன்னீர் நண்டு உண்பவராயின் அதனையும் அவரிடம் தெரிவிக்கவேண்டும். நண்டு உண்டால் உடம்பில் தடிப்பும் அரிப்பும் காண்பவர்களுக்கு ரஸத்தின் தெளிவைக்கூடக் கொடுக்கலாகாது. அத்தொல்லையை விளைவிக்கும் பொருள் எவ்வளவு கொதித்தாலும் அழிவதில்லை.

துணியில் தங்கிய சக்கையையும் ஓடுகளையும் தெருவில் எறிந்தால் ஈயும் நாற்றமும் மிகும். கொல்லையில் தென்னை அல்லது கொய்யாவின் வேரைவிட்டுச் சற்று விலகி, நாய் தோண்டாதபடி இரண்டடி ஆழத்தில் குழி எடுத்துப் புதைத்து, மேலே சாம்பலும் மண்ணும் பரப்பிவிடலாம். ஓட்டிலுள்ள சுண்ணாம்பும் தழைச்சத்தும் சிறிது சிறிதாக மண்ணில் சேர்ந்து மரத்திற்கு எருவாகும்.