ஒரே இஞ்சின், இரண்டு வலு: டர்போ கார்களின் கணினிக்குள் என்ன நடக்கிறது?

பத்தாம் தலைமுறை ஹொண்டா சிவிக் காரில் 1 லீற்றர் டர்போ இஞ்சின் ஒன்று வந்தது. மூன்று சிலிண்டர், 129 குதிரைவலு. கையால் கியர் மாற்றும் காரில் அந்த இஞ்சின் தரும் உச்ச முறுக்குவிசை 200 நியூட்டன் மீற்றர். சி.வி.ரி. எனப்படும் தானியங்கிக் கியர்பொக்ஸ் பூட்டிய காரில் அது 180 தான். இஞ்சின் அதே இஞ்சின். எவ்வளவு முறுக்குவிசையை வெளியே விடலாம் என்ற வரம்புதான் மாறியிருக்கிறது. அந்த வரம்பு, இஞ்சினை ஆளும் சிறிய கணினியில் எண்களாக எழுதப்பட்டிருக்கிறது.

அந்த எண்களைத் திருத்தி எழுதி வலுவைக் கூட்டுவதைத்தான் டியூனிங் என்றும் ரீமெப் என்றும் சொல்கிறார்கள். இலங்கையில் இது பந்தயக்காரர்களோடு நின்றுவிடும் விடயம் அல்ல. காருக்கான உற்பத்தி வரி இஞ்சினின் கொள்ளளவைப் பார்த்தே கணிக்கப்படுவதால், 1,000 சி.சி.க்கு உட்பட்ட கார்கள் இங்கே வாங்கக்கூடிய விலைக்குள் வந்தன. 1 லீற்றர் சிவிக், அவுடி ஏ1, அவுடி கியூ2, டொயோட்டா ரைஸ் என்று சிறிய டர்போ கார்கள் வரிசையாக வந்ததற்கு அதுவே காரணம். 2020 மார்ச்சில் வாகன இறக்குமதி நிறுத்தப்பட்டது. தனியார் கார்களுக்கு மறுபடி வழி திறந்தது 2025 பெப்ரவரியில்தான். இடைப்பட்ட காலத்தில் கையிலிருந்த காரை வைத்தே காலம் தள்ள வேண்டியிருந்தது. புதுக் கார் எட்டாத விலையில் இருக்கும்போது, இருக்கிற காருக்கே 20 குதிரைவலு கூட்டலாம் என்று யாராவது சொன்னால் காது கொடுக்கத்தான் செய்வார்கள்.

அந்த 20 குதிரைவலு எங்கிருந்து வருகிறது என்பதைத் தெரிந்துகொண்டு காது கொடுப்பது நல்லது.

காற்றைத் திணிக்கும் சக்கரம்

இஞ்சினின் வலு, அது எரிக்கும் எரிபொருளின் அளவைப் பொறுத்தது. பெற்றோலைக் கூட்டி ஊற்றுவது எளிது. அதை எரிக்கக் காற்று வேண்டும். ஒரு கிலோ பெற்றோல் முழுதாக எரிய ஏறத்தாழ 14.7 கிலோ காற்று தேவை. சாதாரண இஞ்சின் தானாக உறிஞ்சக்கூடிய காற்றோடு நின்றுவிடும். சுவிற்சர்லாந்துப் பொறியியலாளர் அல்பிரட் பியூகி 1905 இல் காப்புரிமை பெற்ற யோசனை இந்த எல்லையை உடைத்தது. வெளியேறும் புகையின் வேகத்தில் ஒரு சக்கரத்தைச் சுழலவைத்து, அதே தண்டின் மறுமுனையிலுள்ள இன்னொரு சக்கரத்தால் காற்றை அழுத்தி இஞ்சினுக்குள் திணிப்பதே அந்த யோசனை. அதுதான் டர்போ.

திணிக்கும் அமுக்கம் அளவு மீறாமல் இருக்க ஒரு கதவு உண்டு. வேஸ்ற்கேற் எனப்படும் அது திறந்தால், புகையில் ஒரு பங்கு சக்கரத்தைச் சுற்றாமல் வெளியே போய்விடும். முன்பு அந்தக் கதவை ஒரு சுருள்வில் கட்டுப்படுத்தியது. இன்று கணினி கட்டுப்படுத்துகிறது. மென்பொருளால் வலுவைக் கூட்ட முடிவது இதனால்தான். டர்போ இல்லாத காரில் எண்களை எவ்வளவு திருத்தினாலும் உள்ளே போகும் காற்று பெரிதாகக் கூடாது, கிடைப்பது சொற்பம். டர்போ காரில் கதவைச் சற்றுப் பிந்தித் திறக்கும்படி எழுதினாலே காற்று கூடிவிடும்.

கணினிக்குள் இருப்பவை அட்டவணைகள். ஒரு பக்கம் இஞ்சினின் சுழற்சி வேகம், மறுபக்கம் அதன் மீதுள்ள சுமை. இரண்டும் சந்திக்கும் கட்டத்தில் ஓர் எண். இத்தனை சுழற்சியில், இத்தனை சுமையில், இவ்வளவு அமுக்கம், இவ்வளவு பெற்றோல், பிளக் இத்தனை பாகை முன்னால் பொறிய வேண்டும் என்று கட்டம் கட்டமாகக் கட்டளை இருக்கும். டியூன் செய்பவர், பழுதறியும் கருவியைச் செருகும் ஓ.பி.டி. துளை வழியாகவோ, கணினிப் பெட்டியைக் கழற்றி மேசையில் வைத்தோ இந்தக் கோப்பை வெளியே எடுக்கிறார். திருத்துகிறார். மறுபடி ஏற்றுகிறார்.

கணக்கு ஒன்றைப் பார்க்கலாம். முறுக்குவிசையைச் சுழற்சி வேகத்தால் பெருக்கி 9,549 ஆல் வகுத்தால் கிலோவாற்றில் வலு கிடைக்கும். நிமிடத்துக்கு 4,500 சுழற்சியில் 180 நியூட்டன் மீற்றர் என்றால் ஏறத்தாழ 85 கிலோவாற்; குதிரைவலுவில் 115. அதே சுழற்சியில் முறுக்குவிசையை 210 ஆக உயர்த்தினால் 135 குதிரைவலு. இஞ்சினில் ஓர் ஆணியைக்கூட மாற்றாமல் 20 கூடிவிட்டது. ஆனால் பிஸ்ரன், கனெக்டிங் றொட், கியர்பொக்ஸின் பட்டி எல்லாமே ஆறில் ஒரு பங்கு கூடுதலான விசையை அந்தக் கணத்தில் தாங்கியாக வேண்டும்.

யாழ்ப்பாணம் அறிந்த எதிரி

வலுவைக் கூட்டுகிறவரை முதலில் மறிப்பது நொக்கிங். பிளக் பொறிந்ததும் தீ ஒரு முனையிலிருந்து மறுமுனைக்குச் சீராகப் பரவ வேண்டும். அமுக்கமும் வெப்பமும் மிஞ்சினால், தீ வந்து சேருமுன்பே மூலையிலுள்ள கலவை தானாக வெடித்துவிடும். அந்த அதிர்ச்சி பிஸ்ரனின் தலையில் அடிக்கிறது. தொடர்ந்து அடித்தால் பிஸ்ரன் வளையத்தின் விளிம்பு உடையும். பிஸ்ரனே ஓட்டையாவதும் உண்டு. எரிபொருள் இதை எவ்வளவு எதிர்க்கும் என்பதன் அளவுதான் ஒக்டேன் எண்.

இந்த எதிரியை யாழ்ப்பாணக் குடாநாட்டின் மெக்கானிக்குகள் கணினி வருவதற்கு மிக முன்பே சந்தித்துவிட்டார்கள். 1990 இல் போர் மீண்டும் மூண்டபோது குடாநாட்டுக்குப் பெற்றோல் வருவது தடைப்பட்டது. ஒஸ்ரின் கேம்பிறிட்ஜ், மொறிஸ் மைனர், மோட்டார் சைக்கிள் எல்லாம் மண்ணெண்ணெயில் ஓடின. குளிர்ந்த இஞ்சினில் மண்ணெண்ணெய் ஆவியாகாது. அதனால் சிறு போத்தலில் பொத்திவைத்த பெற்றோலில் சில துளிகளைக் கார்பரேற்றருக்குள் விட்டு இஞ்சினை இயக்கி, சூடேறிய பிறகு மண்ணெண்ணெயைக் கொடுத்தார்கள். மண்ணெண்ணெயின் ஒக்டேன் பெற்றோலை விட மிகக் குறைவு. அப்படியிருந்தும் அந்தக் கார்கள் ஓடியதற்குக் காரணம், கலவையை 7 அல்லது 8 மடங்கு மட்டுமே நெருக்கும் பழைய பிரித்தானிய இஞ்சின்கள் அவை. இன்றைய சிறிய டர்போ இஞ்சின் ஏற்கெனவே அழுத்திய காற்றை உள்ளே எடுத்து, அதன் மேல் 10 மடங்கை ஒட்டி நெருக்குகிறது. அந்தக் காலத்தில் கார் பிழைத்தது இஞ்சினுக்குள் இருந்த தாராளத்தால். டியூனிங் அந்தத் தாராளத்தில்தான் கை வைக்கிறது.

டர்போ காரின் வரலாறே நொக்கிங்கோடு நடந்த போராட்டம்தான். 1962 இல் அமெரிக்காவில் வந்த ஓல்ட்ஸ்மொபில் ஜெட்ஃபயர், நொக்கிங்கைத் தடுக்க நீரும் மெதனோலும் கலந்த திரவத்தை இஞ்சினுக்குள் தெளித்தது. அதற்கெனத் தனித் தாங்கி இருந்தது. பலர் அதை நிரப்ப மறந்தார்கள். அந்தக் கார் நிலைக்கவில்லை. 1980களின் தொடக்கத்தில் சுவீடனின் சாப் நிறுவனம் வேறு வழி கண்டது. இஞ்சினின் உடலில் ஓர் உணரியைப் பொருத்தி, நொக்கிங்கின் அதிர்வு கேட்டதும் டர்போவின் அமுக்கத்தைத் தானாகக் குறைக்கச் செய்தது. நல்ல பெற்றோல் ஊற்றினால் கூடுதல் வலு, தரம் குறைந்ததை ஊற்றினால் குறைந்த வலு. இன்றைய டர்போ பெற்றோல் கார்களிலும் அந்தக் காது இருக்கிறது.

ஒதுக்கிவைத்த பங்கு யாருக்கு?

அப்படியானால் தயாரிப்பாளர் ஏன் அந்த 20 குதிரைவலுவைத் தானே கொடுக்கவில்லை? கலியாண வீட்டில் 200 பேருக்கு அழைப்புக் கொடுத்து 250 பேருக்குச் சமைப்பது போன்றதுதான் காரணம். ஒரே காரை நோர்வேயின் பனியிலும் வளைகுடாவின் வெயிலிலும் விற்க வேண்டும். ஒருவர் நல்ல பெற்றோல் ஊற்றுவார், இன்னொருவர் கிடைத்ததை ஊற்றுவார். ஒருவர் காலத்துக்கு ஒயில் மாற்றுவார், இன்னொருவர் மாற்றமாட்டார். எல்லாரிடமும் இஞ்சின் உத்தரவாதக் காலத்தைத் தாண்ட வேண்டும். அதற்கென ஒரு பங்கு வலு ஒதுக்கிவைக்கப்படுகிறது. மென்பொருள் புதிதாக எதையும் பிறப்பிப்பதில்லை. ஒதுக்கிவைத்ததை எடுத்துச் செலவழிக்கிறது.

கேள்வி என்னவென்றால், யாழ்ப்பாணத்தில் அந்தப் பங்கில் மிச்சம் எவ்வளவு?

முதலில் பெற்றோல். நாட்டில் பரவலாக விற்கப்படுபவை ஒக்டேன் 92, 95 ஆகிய இரண்டு வகைகள். ஐரோப்பாவில் அடிப்படைப் பெற்றோலே 95. அங்கே எழுதப்படும் டியூனிங் கோப்புகள் 95க்கோ 98க்கோ கணிக்கப்படுகின்றன. அந்தக் கோப்பை இங்கே ஏற்றிவிட்டு 92 ஊற்றினால், நொக்கிங் உணரி சொல்வதைக் கேட்டு, பிளக் பொறியும் நேரமான ரைமிங்கைக் கணினி ஓயாமல் பின்தள்ளிக்கொண்டே இருக்கும். கட்டிய காசுக்குரிய வலு கிடைக்காது. வெப்பம் மட்டும் கூடும்.

அடுத்தது வெயில். காற்றை அழுத்தினால் சூடேறும். அதைக் குளிர்விக்க இன்ரர்கூலர் இருக்கிறது. ஆனால் அதுவும் வெளிக்காற்றை வைத்துத்தான் குளிர்விக்கிறது. சித்திரை வெயிலில் தார் வீதிக்கு மேலே நிற்கும் காற்றால் எவ்வளவு குளிர்விக்க முடியும்? குளிர்நாட்டில் அளந்து சரி என்று கண்ட எண், இங்கே உச்சிவேளையில் சரியாக இருக்கும் என்பதற்கு உறுதி இல்லை.

சிறிய டர்போ இஞ்சின்களுக்கே உரிய இன்னொரு ஆபத்தும் உண்டு. குறைந்த சுழற்சியில் திடீரென முழுதாக மிதிக்கும்போது, பிளக் பொறிவதற்கு முன்பே கலவை பற்றிக்கொள்வது. சிலிண்டரில் கலக்கும் ஒயில் துளிகளுக்கு இதில் பங்கு உண்டு என்று கண்டறியப்பட்டதால், 2020 மே மாதம் அறிமுகமான ஏ.பி.ஐ. எஸ்.பி. தர ஒயிலில் இதற்கெனத் தனிச் சோதனையே சேர்க்கப்பட்டது. டியூன் செய்த கார்கள் பெரும்பாலும் அந்தக் குறைந்த சுழற்சியில்தான் முறுக்குவிசையைக் கூட்டிக் காட்டுகின்றன. ஓட்டுபவருக்குக் காலடியில் உடனே தெரிவது அதுதான். இஞ்சினுக்கு மிகவும் வலிப்பதும் அதுதான்.

பெட்டியும் டீசலும்

கோப்பைத் தொடாமலே வலுவைக் கூட்டும் பெட்டிகளும் விற்பனையில் உண்டு. அமுக்க உணரிக்கும் கணினிக்கும் இடையிலுள்ள வயரில் அவற்றைச் செருகுகிறார்கள். உண்மையில் இருக்கும் அமுக்கத்தைக் குறைத்துச் சொல்வதே பெட்டியின் வேலை. கணினி அதை நம்பி அமுக்கத்தைக் கூட்டுகிறது. கழற்றினால் கார் பழைய நிலைக்கு வரும் என்பது அதன் வசதி. பாதுகாப்பு முடிவுகளை எடுக்க வேண்டிய கணினிக்குப் பொய்த் தகவல் போவது அதன் விலை.

டீசலில் கதை சற்று வேறு. கொழும்புக்கும் யாழ்ப்பாணத்துக்கும் இடையில் 400 கிலோமீற்றர் ஓடும் டர்போ டீசல் வான்களுக்கு நொக்கிங் பயம் பெற்றோல் காருக்கு இருப்பது போல் இல்லை. அங்கே எல்லை புகையும் வெப்பமும். காற்றுக்கு மீறி டீசலைக் கூட்டினால் கரும்புகை வரும். நிறைந்த பாரத்தோடு மணிக்கணக்காக ஓடும்போது பிஸ்ரனும் டர்போவும் வேகும். ஆண்டுதோறும் வரிப்பத்திரம் புதுப்பிக்கப் புகைப் பரிசோதனைச் சான்றிதழ் தேவை என்பதால், அளவு மீறிய டியூனிங் அங்கேயும் அகப்படும். வீதியோரம் நடந்து பள்ளிக்கூடம் போகிற பிள்ளையின் மூச்சுக்குள் போவதும் அந்தப் புகைதான்.

மென்பொருள் ஒன்றே புகையை எவ்வளவு மாற்றும் என்பதை 2015 செப்டெம்பர் 18 அன்று உலகம் கண்டது. வொக்ஸ்வாகன் டீசல் கார்கள் சோதனைக்கூடத்தில் ஒரு விதமாகவும் வீதியில் வேறு விதமாகவும் இயங்கும்படி மென்பொருள் எழுதப்பட்டிருந்ததை அமெரிக்கச் சுற்றாடல் பாதுகாப்பு முகவரகம் வெளியிட்டது. நைதரசன் ஒக்சைட்டுகள் அனுமதித்த அளவின் 40 மடங்கு வரை போயிருந்தன. உலகெங்கும் சுமார் 1 கோடியே 10 இலட்சம் வாகனங்களில் அந்த மென்பொருள் இருந்தது.

கராஜில் கேட்கவேண்டியவை

இத்தனைக்குப் பிறகும் டியூனிங் தகாத வேலை அல்ல. வொல்வோ நிறுவனமே போல்ஸ்ரார் என்ற பெயரில் மென்பொருள் மேம்படுத்தலை விற்று, உத்தரவாதத்தையும் தொடர்ந்து கொடுத்தது. கவனமாகச் செய்தால் முந்திச்செல்லும்போது கார் தயங்காது, ஏற்றத்தில் திணறாது. அந்தக் கவனம் இருக்கிறதா என்பதைச் சில கேள்விகளால் கண்டுபிடிக்கலாம்.

காரின் சொந்தக் கோப்பை முதலில் எடுத்துப் பத்திரப்படுத்துவார்களா, அதன் பிரதி ஒன்று உரிமையாளர் கையில் கிடைக்குமா? புதிய கோப்பு எந்த ஒக்டேனுக்கு எழுதப்பட்டது? ஏற்றிய பிறகு என்ன அளக்கிறார்கள்? உள்ளே போகும் காற்றின் வெப்பநிலை, கலவையின் அளவு, ஒவ்வொரு சிலிண்டரிலும் ரைமிங் எத்தனை பாகை பின்தள்ளப்படுகிறது என்பவற்றைப் பதிந்து காட்ட முடியாதவரிடம் காரைக் கொடுப்பது சூதாட்டம். கியர்பொக்ஸ் சி.வி.ரி. என்றால், ஹொண்டா அந்த 20 நியூட்டன் மீற்றரை ஏன் குறைத்தது என்பதற்கும் டியூன் செய்பவரிடம் பதில் இருக்க வேண்டும். காப்புறுதி நிறுவனத்துக்கு எழுத்தில் அறிவிக்காத மாற்றம், விபத்து நேர்ந்த பிறகு உரிமையாளருக்கு எதிராகத் திரும்பலாம்.

அளக்கும் இடமும் முக்கியம். முழு மிதியில் இஞ்சினைச் சோதிக்க டைனோ எனப்படும் உருளை மேடை வேண்டும். அது இல்லாத இடத்தில் வீதியே சோதனைக்கூடமாகிறது. நகருக்கு வெளியே காருக்கான வேக எல்லை மணிக்கு 70 கிலோமீற்றர். மூன்றாவது கியரில் ஒரு முழு ஓட்டம் எடுத்தால் பெரும்பாலான கார்கள் அந்த எல்லையைத் தாண்டிவிடும். மாடுகளும் சைக்கிள்களும் ஒழுங்கைகளிலிருந்து திடீரென ஏறும் வீதிகளில் அந்தச் சோதனையைச் செய்ய யாருக்கும் உரிமை இல்லை.

குடாநாட்டுக்கு அருகில், கிளிநொச்சி அறிவியல் நகரில் இலங்கை ஜேர்மன் பயிற்சி நிறுவனம் இயங்குகிறது. வாகனத் தொழில்நுட்பமும் தகவல் தொழில்நுட்பமும் அங்கே ஒரே வளாகத்தில் கற்பிக்கப்படுகின்றன. யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தின் பொறியியல் பீடமும் அதே அறிவியல் நகரில்தான் இருக்கிறது. இஞ்சின் அட்டவணையை வாசிப்பதும், பதிவுகளைப் பார்த்து நொக்கிங்கை அடையாளம் காண்பதும், இங்கத்தைய பெற்றோலுக்கும் வெயிலுக்கும் ஏற்ற எண்களை எழுதுவதும் வாகனத் தொழில்நுட்பமும் தகவல் தொழில்நுட்பமும் சேர்ந்து கற்பிக்கக்கூடிய பாடங்கள். வெளிநாட்டுக் கோப்பை வாங்கி அப்படியே ஏற்றும் வேலையிலிருந்து வடக்கின் கராஜ்கள் விடுபட, ஒரு டைனோ மேடையும் அந்தப் பாடமும் முதல் தேவை.