பேஸ்ட்டை விழுங்கினாலும் ஒரு கோட் உண்டு, தெரியுமா?

காலையில் பல் துலக்குகிற பேஸ்ட், பல் சொத்தை வராமல் இருக்க டாக்டர் பூசுகிற ஃபுளோரைடு, பல்வலிக்குப் பஞ்சில் நனைத்து வைக்கிற கிராம்பு எண்ணெய். இதில் ஒன்றைக் குழந்தை எடுத்து விழுங்கிவிட்டால் அமெரிக்க மருத்துவமனையின் பில்லில் என்ன ஏறும் தெரியுமா? டி49.7எக்ஸ்1ஏ (T49.7X1A)!

ஏழே எழுத்தில் முழுக்கதை!

‘டி49’ என்றால் தோலிலும் வாயிலும் பூசுகிற மருந்துகள். ‘7’ என்றால் அவற்றில் பல்லுக்கானவை. ‘எக்ஸ்’ என்றால்? ஒன்றுமே இல்லை! ஏழாவது இடம் நகர்ந்துவிடாமல் இருக்கச் சும்மா உட்கார்ந்திருக்கிற எழுத்து. ‘1’ என்றால் தெரியாமல் நடந்தது. ‘ஏ’ என்றால் இன்னும் சிகிச்சை நடக்கிறது. சிகிச்சை முடிந்து மேற்பார்வைக்கு மட்டும் வந்தால் ‘டி’ (D), பாதிப்பு பின்னாளில் மிச்சமிருந்தால் ‘எஸ்’. மூன்றாவது டாக்டரிடம் போனாலும் சிகிச்சை ஓடுகிறவரை ‘ஏ’தான்!

பல் மருந்தால் தாக்குதலா?

அந்த ‘1’ இருக்கும் இடத்தில் 2 வந்தால், வேண்டுமென்றே தனக்குத் தானே செய்துகொண்டது. 3 வந்தால், இன்னொருவர் கொடுத்துத் தாக்கியது! 4 என்றால் நோக்கத்தை முடிவுசெய்ய முடியவில்லை. 5 என்றால் பக்கவிளைவு. 6 என்றால் சொன்னதைவிடக் குறைவாகப் பயன்படுத்தியது. ஆறு எண்ணில் மனிதர்களின் அத்தனை குணமும் வந்துவிட்டது!

வரிசை மாறினால் அர்த்தமே மாறும்!

டாக்டர் சரியான அளவில், சரியான முறையில் பூசிய மருந்துக்கு ஈறு வீங்கினால் அது பக்கவிளைவு. வீக்கத்தின் கோட் முதலில், மருந்தின் கோட் பின்னால். குழந்தை டியூபைப் பிதுக்கித் தின்று வாந்தியெடுத்தாலோ தலைகீழ்! விஷபாதிப்பு முதலில், வாந்தி பின்னால்.

அரை டியூபில் ஆபத்து!

உடல் எடையில் கிலோவுக்கு 5 மில்லிகிராம் ஃபுளோரைடு உள்ளே போனாலே மருத்துவமனைக்கு ஓட வேண்டும். 1,000 பிபிஎம் பேஸ்ட்டில் கிராமுக்கு 1 மில்லிகிராம் ஃபுளோரைடு. அப்படியானால் 10 கிலோ குழந்தைக்கு 50 கிராம் பேஸ்ட், அதாவது 100 கிராம் டியூபில் சரிபாதி, ஆபத்து எல்லை! உள்ளே போன ஃபுளோரைடு இரத்தத்தின் கால்சியத்தைப் பிடித்து இழுத்துவிடும். பால் குடிக்கக் கொடுப்பது இதனால்தான்: பாலிலுள்ள கால்சியம் வயிற்றிலேயே அதைக் கட்டிப்போடும். கிராம்பு எண்ணெய் இன்னும் மோசம். அதிலுள்ள யூஜினால் சின்னக் குழந்தையின் கல்லீரலையே கெடுத்துவிடும்.

நீலத்துக்கு நீலமே மருந்து!

பல் முளைக்கிற குழந்தையின் ஈறில் தடவுகிற சில மரப்புக் களிம்புகளில் பென்சோகைன் இருக்கும். வாயில்தான் பூசுகிறார்கள், ஆனால் கோட் டி49.7 அல்ல! மரப்பு மருந்துகளுக்கான டி41.3-க்குப் போய்விடும். இந்த மருந்து சிலருக்கு இரத்தத்தின் ஆக்சிஜன் சுமக்கும் திறனைக் கெடுத்துவிடும். இரத்தம் சாக்லேட் நிறமாகும், உதடும் நகமும் நீலம் பாரிக்கும். கொடுக்கிற மாற்று மருந்து எது தெரியுமா? மெத்திலீன் புளூ, அதுவும் நீலம்! இரண்டு வயதுக்குள் இருக்கும் குழந்தைகளுக்கு இந்தக் களிம்பு வேண்டவே வேண்டாம் என்று 2018-இல் அமெரிக்க மருந்துக் கட்டுப்பாட்டு அமைப்பான எஃப்டிஏ எச்சரித்தது.

161-இல் தொடங்கி 70,000 தாண்டியது!

1893-இல் ஜாக் பெர்ட்டியான் என்ற பிரெஞ்சுக்காரர் சாவுக்கான காரணங்களைப் பட்டியல் போட்டார். மிக விரிவான வடிவத்திலும் 161 தலைப்புதான். அதன் வாரிசுதான் அமெரிக்காவில் 2015 அக்டோபர் 1 முதல் நடப்பிலுள்ள ஐசிடி-10-சிஎம்; நாம் பார்த்த கோட்களெல்லாம் இந்தப் பட்டியலில் உள்ளவைதான். இப்போது 70,000-க்கும் மேற்பட்ட கோட்கள்!

போடுகிறவர் நம்மூர்க்காரர்!

இந்தக் கோட்களில் கணிசமானவற்றைப் போடுவது சென்னை, கோவை, திருச்சியில் ஷிஃப்ட் பார்க்கும் மெடிக்கல் கோடர்கள். முகம் தெரியாத அமெரிக்கக் குழந்தையின் சார்ட்டைத் திறந்து படிக்கிறார்கள். நோக்கம் பற்றி டாக்டர் ஒன்றும் எழுதவில்லையா? சந்தேகமே வேண்டாம், ‘1’தான்! ‘4’ போட வேண்டுமானால், நோக்கத்தைத் தீர்மானிக்க முடியவில்லை என்று சார்ட்டிலேயே எழுதியிருக்க வேண்டும். ஊகித்துப் போட்டால் ஆடிட்டில் மாட்டுவார்கள்!