தோற்பதற்கான உரிமை: குழுச்சுற்று ஆட்டங்களை முன்வைத்து

கிரிக்கெட் குறித்து நம் வட்டாரத்தில் இரண்டு விதமான எதிர்வினைகள்தான் உண்டு. காலனியம் விட்டுச்சென்ற எச்சம், முதலாளியம் ஊட்டும் போதை, பார்ப்பனர்களின் ஆட்டம் என்று ஒரே போடாகப் போட்டு ஒதுக்கிவிடுவது ஒன்று. கூட்டத்தில் அப்படிப் பேசிவிட்டு வெளியே வந்து ‘ஸ்கோர் என்னப்பா?’ என்று கேட்பது இன்னொன்று. இரண்டுக்கும் நடுவே ஒரு வேலை பாக்கியிருக்கிறது. போட்டிகளின் அமைப்பை ஒரு பிரதியாக எடுத்துக்கொண்டு வாசிக்கிற வேலை. எத்தனை அணிகளை உள்ளே விடுவது, யார் யாரோடு மோதுவது, எத்தனை முறை தோற்றாலும் நீடிக்கலாம் என்பதையெல்லாம் யாரோ தீர்மானிக்கிறார்கள். தீர்மானித்தபின் அது இயல்பானதாகத் தோற்றம் கொள்கிறது.

தாம்பரம் பக்கம் ஞாயிற்றுக்கிழமைகளில் நடக்கும் டென்னிஸ் பால் டோர்னமென்ட்டுகளை எடுத்துக்கொள்வோம். சேலையூர், முடிச்சூர், மேடவாக்கம் என்று எங்கே நடந்தாலும் பெரும்பாலும் நாக்-அவுட்தான். எண்ட்ரி ஃபீஸ் கட்டி, விடியற்காலையில் வந்து, ஆறோ எட்டோ ஓவர் ஆடித் தோற்றால் கதை முடிந்தது. ‘அவ்ளோதான், பேட்டைத் தூக்கிக்கிட்டுக் கிளம்பு.’ 16 அணிகள் நாக்-அவுட்டில் ஆடினால் 15 ஆட்டங்களில் எல்லாம் முடிந்துவிடும். எட்டு அணிகள் ஒரேயொரு ஆட்டத்தோடு வீட்டுக்குப் போகும். அதே 16 அணிகள் ஒவ்வொன்றும் மற்ற எல்லாவற்றோடும் மோத வேண்டுமென்றால் 120 ஆட்டங்கள் தேவை. அதற்கு இடம் வேண்டும், நாள் வேண்டும், பணம் வேண்டும். கோடையில் வற்றிய ஏரியையும் இன்னும் பிளாட் போடாத காலி நிலத்தையும் நம்பி ஆடுகிற, திங்கட்கிழமை வேலைக்குப் போகிற பையன்களுக்கு இவை எதுவும் கிடையாது. இடமும் நேரமும் மறுக்கப்பட்டவர்களின் வடிவம் நாக்-அவுட். குழுச்சுற்று என்பது தோற்றுவிட்டு மறுபடியும் வருவதற்கான உரிமை. இந்த உரிமை சர்வதேச அளவில் யாருக்கு எப்படிப் பங்கிடப்பட்டது என்பதே நம் கேள்வி.

இந்தியாவின் வரலாறே இதற்கு நல்ல சான்று. 1975, 1979 உலகக் கோப்பைகளில் இந்தியா ஆடிய ஆறு ஆட்டங்களில் வென்றது ஒன்றே ஒன்று, அதுவும் கிழக்கு ஆப்பிரிக்காவை. 1979இல் டெஸ்ட் தகுதியே பெறாதிருந்த இலங்கையிடம் 47 ரன்னில் தோற்றது. ஆனாலும் 1983இல் இந்தியாவுக்கு இடம் இருந்தது. அந்த முறை எட்டு அணிகள், இரண்டு குழுக்கள். குழுவுக்குள் ஒவ்வோர் அணியும் மற்றதோடு இருமுறை மோத வேண்டும். ஆறு ஆட்டங்களில் இந்தியா இரண்டில் தோற்றது. ஆஸ்திரேலியாவிடம் 162 ரன் வித்தியாசத்தில். நாக்-அவுட்டாக இருந்தால் கபில்தேவ் கோப்பையைத் தூக்கும் அந்தப் புகைப்படமே இல்லை. இன்று தேசியப் பெருங்கதையாடலாகிவிட்ட அந்த வெற்றி, தோற்பதற்குக் கிடைத்த அனுமதியின் விளைவு.

அந்த அனுமதி பின்னர் என்னவாயிற்று? 2007இல் மேற்கிந்தியத் தீவுகளில் 16 அணிகள், நான்கு நான்காக நான்கு குழுக்கள், ஆளுக்கு மூன்றே ஆட்டம். மார்ச் 17 அன்று, ஒரே நாளில், வங்கதேசம் இந்தியாவையும் அயர்லாந்து பாகிஸ்தானையும் வீழ்த்தின. இரண்டு பெரிய அணிகளும் முதல் சுற்றோடு ஊர் திரும்பின. விளம்பரதாரர்களின் கணக்கும் கவிழ்ந்தது. 2011, 2015இல் அணிகள் 14 ஆயின, குழுவுக்கு ஏழு. 2019, 2023இல் பத்தே அணிகள், ஒரே குழு, 45 ஆட்டங்கள், ஆளுக்கு ஒன்பது. பெரிய அணி இரண்டு மூன்று முறை சறுக்கினாலும் ஒன்பது நாள் திரையில் இருக்கும். பெரியவர்களின் தோற்கும் உரிமை மூன்று மடங்காயிற்று. சிறியவர்களின் ஆறு இடங்கள் காணாமல் போயின. 2019 கோப்பைக்குள் ஜிம்பாப்வேயும் அயர்லாந்தும்கூட நுழைய முடியவில்லை. இதற்குச் சொல்லப்பட்ட நியாயம் ‘தரம்’. ஒருதலைப்பட்சமான ஆட்டங்கள் கூடாதாம். 1990இல் மண்டல் பரிந்துரைகளுக்கு எதிராக எழுந்த ‘தகுதி, திறமை’ என்ற சொல்லாடல் நினைவுக்கு வருகிறதா? ஆடவிடாமலே ஆடத் தெரியாது என்பது அங்கும் இங்கும் ஒன்றுதான்.

இத்தனைக்கும் மேல் உள்ளே வந்தவர்கள் என்ன செய்தார்கள் என்பதை நம்ம சேப்பாக்கத்திலேயே பார்த்தோம். 2023 அக்டோபர் 18 அன்று அங்கே ஆப்கானிஸ்தான் நியூசிலாந்திடம் 149 ரன்னில் தோற்றது. ஐந்தே நாள் கழித்து, அக்டோபர் 23இல், அதே மைதானத்தில் பாகிஸ்தானின் 282 ரன்னை இரண்டே விக்கெட் இழப்பில் கடந்தது. சேப்பாக்கம் தாம்பரத்திலிருந்து ரயில் தூரம்தான்; டிக்கெட் தூரம் வேறு. செல்பேசியில் இலவசமாக வந்ததால் அன்று கிழக்குத் தாம்பரத்தில் டீக்கடை வாசலெல்லாம் கேலரி. பாகிஸ்தான் தோற்கட்டும் என்று பார்த்தவர்களும் இருந்தார்கள், மறுக்கவில்லை. ஆனால் 87 ரன் எடுத்த இப்ராஹிம் ஸத்ரான் தன் ஆட்டநாயகன் விருதை பாகிஸ்தானிலிருந்து திருப்பி அனுப்பப்படும் ஆப்கானியருக்குச் சமர்ப்பித்தபோது அந்த ஆட்டத்தின் பொருளே மாறிப்போனது. ஆவணமில்லாத வெளிநாட்டினர் நவம்பர் 1க்குள் வெளியேற வேண்டுமென்று பாகிஸ்தான் அரசு அறிவித்திருந்த நேரம் அது. பெஷாவர் பக்கத்து அகதி முகாம்களில் வேர்பிடித்த கிரிக்கெட், முகாமைக் காலி செய்யச் சொன்ன நாட்டின் அணியை வென்றிருக்கிறது. நாக்-அவுட்டாக இருந்தால் அதற்கு முன்பே விமானம் ஏறியிருப்பார்கள்.

கணக்கு விதியும் ஒன்று உண்டு. வெற்றிக்கு 2 புள்ளி. புள்ளி சமமானால் நிகர ரன் விகிதம்: ஓவருக்கு எடுத்த ரன்னிலிருந்து ஓவருக்குக் கொடுத்த ரன்னைக் கழிப்பது. முன்னதாகவே ஆல்-அவுட் ஆனாலும் 50 ஓவரும் ஆடியதாகவே கணக்கு. எனவே நியூசிலாந்திடம் 139 ரன்னில் சுருண்டது போன்ற பெரிய தோல்வி கடைசிவரை துரத்தும். முடிவில் பாகிஸ்தானுக்கும் ஆப்கானிஸ்தானுக்கும் தலா 8 புள்ளிகள். நேரில் வென்ற அணி ஆறாவது, தோற்ற அணி ஐந்தாவது.

இங்கே நிறுத்திக்கொண்டால் அது ஆண்களின் கதையாக மட்டுமே முடியும். 2020இல் 25 ஆப்கன் வீராங்கனைகள் ஒப்பந்தம் பெற்றார்கள். 2021 ஆகஸ்டில் தாலிபான் வந்தபின் பெரும்பாலோர் ஆஸ்திரேலியாவில் தஞ்சமடைந்தார்கள். 2025 சாம்பியன்ஸ் டிராபியில் ஆப்கானிஸ்தானோடு ஆட வேண்டாமென்று பிரிட்டன் அரசியல்வாதிகள் 160 பேருக்கு மேல் தங்கள் வாரியத்தைக் கேட்டார்கள். இங்கிலாந்து ஆடியது, லாகூரில் 8 ரன்னில் தோற்றது. ஆண்கள் அணியை விலக்குவது சரியா என்று தோழர்கள் விவாதிக்கலாம். எனக்கு அந்தப் பெண்களே 2024இல் ஐ.சி.சி.யிடம் வைத்த கோரிக்கை முக்கியமாகப் படுகிறது: அகதிகள் அணியாக எங்களை ஆடவிடுங்கள் என்பது. தோற்பதற்கான உரிமையை இதைவிடத் தெளிவாக யாரும் கேட்டதில்லை.

2027இல் தென்னாப்பிரிக்கா, ஜிம்பாப்வே, நமீபியாவில் மறுபடியும் 14 அணிகள் என்று அறிவித்திருக்கிறார்கள். நான்கு இடம் கூடுகிறது, நல்லதுதான். ஆனால் ‘தாராளம்’ என்று உடனே கைதட்ட வேண்டாம். 2024 இருபது ஓவர் கோப்பையில் 20 அணிகளை அனுமதித்தவர்கள், இந்தியா அரையிறுதிக்கு வந்தால் கயானாவில்தான் ஆடும் என்று போட்டி தொடங்கும் முன்பே எழுதிவைத்தார்கள், இந்தியத் தொலைக்காட்சிக்குத் தோதான நேரத்தில். இந்தியாவும் பாகிஸ்தானும் ஒரே குழுவில் வருவதும் குலுக்கலில் நேர்வதில்லை. அடுத்த அட்டவணை வெளியாகும்போது, இந்தியா எந்தக் குழு என்பதற்கு முன்னால், தகுதிச் சுற்றோடு திருப்பி அனுப்பப்பட்டவர்கள் யார், தகுதிச் சுற்றுக்கே அழைக்கப்படாதவர்கள் யார் என்று கேட்போம்.