உஷார்! பதினெட்டாயிரம் என்று சொன்னால் பதினெட்டாயிரம் வராது

தெலங்கானாவில் வழக்கமாக ஏப்ரல் 23-ம் தேதியோடு பள்ளிக்கூடம் முடியும். மறுபடி திறப்பது ஜூன் 12-ல். இடையில் 49 நாள், சரியாக ஏழு வாரம். ஹைதராபாத்தில் ஒரு தனியார் பள்ளிக்கு டீச்சராகப் போகப்போகிறீர்களா? அந்த ஏழு வாரத்துக்குச் சம்பளம் உண்டா என்று கேட்டுவிட்டீர்களா? கேட்கவில்லை என்றால் கையெழுத்துப் போடாதீர்கள். நான் கேட்காமல் போட்டவள்.

கல்யாணமாகி செகந்திராபாத் பத்மாராவ் நகருக்கு வந்த புதிது. ஸ்கந்தகிரி கோயிலில் பழக்கமான ஒரு மாமி சொல்லி, அக்கம்பக்கத்துப் பள்ளி ஒன்றில் கணக்கு டீச்சர் வேலைக்கு இன்டர்வியூ. ஆறாம் வகுப்பில் பின்னம் நடத்தி டெமோ க்ளாஸ் காட்டினேன். கரஸ்பாண்டெண்ட் டீ வரவழைத்தார். "மேடம், நம்ம ஸ்கூல் ஒரு ஃபேமிலி மாதிரி. உங்களுக்கு எய்ட்டீன் தவுசண்ட்" என்றார். ஃபேமிலி என்று யாராவது ஆரம்பித்தாலே கணக்கு நோட்டைத் திறந்துவிட வேண்டும் என்பது கணக்கு டீச்சரான எனக்கே அப்போது தெரியவில்லை.

முதல் மாதச் சம்பளம் 'ஹோல்டு' என்றார்கள். நடு வருஷத்தில் ஓடிப்போகாமல் இருக்க அது ஈடாம். அப்புறம், கோடை லீவுக்குச் சம்பளம் கிடையாது என்பது மே மாதம் பாஸ்புக்கைப் பார்த்தபோதுதான் தெரிந்தது. ஆபீஸ் க்ளார்க்கிடம் போய் நின்றேன். "எல்லா ஸ்கூல்லயும் பத்து மாசம்தான் மேடம்" என்று தலை நிமிராமலே சொன்னார். பத்துப் பதினெட்டு 1,80,000. பிடித்து வைத்த ஒரு மாதம் போக, முதல் வருஷம் என் கைக்கு வந்தது 1,62,000. பன்னிரண்டால் வகுத்துப் பாருங்கள்: மாதம் 13,500. வீட்டுக்காரர் மட்டும் பன்னிரண்டு மாதமும் வாடகை வாங்கினார். அந்த ஈட்டுத் தொகை? வேலையை விட்டபோது நோட்டீஸ் கணக்கில் கழித்துவிட்டார்கள்.

என் நாற்காலிக்குப் பக்கத்து நாற்காலி ஒரு சயின்ஸ் டீச்சருடையது. அவளுடைய இரண்டு பிள்ளைகளும் அதே பள்ளியில், பாதி ஃபீஸில். கன்சஷன் என்று சொல்வார்கள். பெரிய உபகாரம் மாதிரிதான் இருக்கும். மூன்று வருஷமாக இன்கிரிமென்ட் கேட்கப் போகும்போதெல்லாம் அந்தக் கன்சஷனைத்தான் எடுத்துக் காட்டுவார்கள். வேறு பள்ளியில் கூடுதலாகத் தர ஆள் இருந்தும் போக முடியவில்லை. போனால் இரண்டு பிள்ளைக்கும் முழு ஃபீஸ், புது யூனிஃபார்ம், புது புத்தகம், புது அட்மிஷன் கட்டணம். சம்பள உயர்வு அதிலேயே கரைந்துவிடும். பிள்ளையை நீங்கள் வேலை பார்க்கும் பள்ளியில் சேர்ப்பதற்கு முன் இந்தக் கணக்கைப் போட்டுவிடுங்கள்.

அதே சயின்ஸ் டீச்சர்தான் ஒரு மத்தியானம் ஸ்டாஃப் ரூமில் உமங் செயலியில் தன் பிஎஃப் பாஸ்புக்கைத் திறந்தாள். சம்பளச் சீட்டில் மாதா மாதம் பிடித்தம் இருக்கிறது. பாஸ்புக்கிலோ கடைசி வரவு பதினாலு மாதத்துக்கு முன்னால். செல்போனை என் பக்கம் திருப்பிக் காட்டினாள். டிபன் பாக்ஸை மூடிவிட்டாள், அன்றைக்குச் சாப்பிடவில்லை. இருபது பேரோ அதற்கு மேலோ வேலை பார்க்கும் பள்ளிக்கு பிஎஃப் கட்டாயம். உங்கள் சம்பளத்திலிருந்து 12 சதவீதம், நிர்வாகம் தன் கையிலிருந்து 12 சதவீதம் போட வேண்டும். நிர்வாகப் பங்கையும் டீச்சர் சம்பளத்திலேயே பிடிக்கும் பள்ளிகள் உண்டு. அதற்கு 'சிடிசி' என்று பெயர் வைத்திருக்கிறார்கள். பெயர் எதுவானாலும் சட்டப்படி அது கூடாது.

இவ்வளவு நடந்தும் யாரும் ஏன் கேட்பதில்லை என்று தோன்றும். கேட்கப் போனால் நிற்க இடம் குறைவு. ஆசிரியர் அப்போதிருந்த தொழில் தகராறு சட்டம் சொன்ன 'தொழிலாளி' இல்லை என்று 1988-ல் கோவா ஆசிரியை ஒருவர் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அதோடு லேபர் கோர்ட் கதவு சாத்தியாயிற்று. 1996-ல் ஹரியானா வழக்கு ஒன்றில், குறைந்தபட்ச ஊதியச் சட்டமும் ஆசிரியருக்குப் பொருந்தாது என்று தீர்ப்பு. பள்ளி வாசலில் உட்கார்ந்திருக்கும் வாட்ச்மேனுக்கு அரசு ஒரு குறைந்தபட்சக் கூலி வைத்திருக்கிறது. உள்ளே பாடம் நடத்துகிறவருக்கு அந்தச் சட்டத்தில் இடமில்லாமல் போயிற்று. இதில் வேடிக்கை, 2009-ம் ஆண்டுக் கல்வி உரிமைச் சட்டத்தின் 28-வது பிரிவு. எந்த ஆசிரியரும் தனியாக டியூஷன் எடுக்கக் கூடாது என்கிறது. சாயங்காலம் ஐந்து பிள்ளைகளை உட்கார வைத்துத்தான் நான் மே மாதத்தை ஓட்டினேன். சட்டத்தின் கண்ணில் நான் விதியை மீறியவள்.

விதியே இல்லை என்றும் சொல்ல முடியாது. ஒன்றுபட்ட ஆந்திராவில் 1994 ஜனவரி 1-ல் வந்த கல்வித் துறை அரசாணை எண் 1 இருக்கிறது. தெலங்கானா பிரிந்த பிறகும் தனியார் பள்ளி விவகாரம் எது வந்தாலும் அதைத்தான் எடுத்து வைத்துப் பேசுகிறார்கள். வசூலாகும் ஃபீஸில் 50 சதவீதம் ஊழியர் சம்பளத்துக்குப் போக வேண்டும்; இன்னொரு 15 சதவீதம் பிஎஃப், கிராஜுவிட்டி, காப்பீடு போன்ற நலன்களுக்கு; பராமரிப்புக்கு 15, வளர்ச்சிக்கு 15; நிர்வாகத்துக்கு வெறும் 5. உங்கள் வகுப்பில் 40 பிள்ளைகள், ஆளுக்கு வருஷம் 30,000 ரூபாய் ஃபீஸ் என்று வைத்துக்கொள்ளுங்கள். 12 லட்சம். அதில் 6 லட்சம் சம்பளக் கணக்கில் நிற்க வேண்டும். உங்களுக்கு வந்தது எவ்வளவு? ஆயா, க்ளார்க், பிரின்சிபால் பங்கையெல்லாம் கழித்தாலும் எனக்கு இந்தக் கணக்கு இடித்தது. மாவட்டக் கல்வி அலுவலரிடம் புகார் கொடுக்கப் போகிறவர்கள் இந்த அரசாணை எண்ணை மறக்காமல் எழுதுங்கள்.

அரசு வேலையோடு ஒப்பிட்டால் வயிறு எரியும், ஆனாலும் தெரிந்திருக்க வேண்டும். 2020 ஊதியத் திருத்தப்படி தெலங்கானாவில் இடைநிலை ஆசிரியருக்கு, அதாவது எஸ்ஜிடி-க்கு, அடிப்படைச் சம்பளம் 31,040-ல் தொடங்கி 92,050 வரை போகிறது. ஸ்கூல் அசிஸ்டென்டுக்கு 42,300-லிருந்து 1,15,270. ஹைதராபாத் என்றால் வீட்டு வாடகைப்படி 24 சதவீதம். அகவிலைப்படியைச் சேர்க்காமலே புது எஸ்ஜிடி-க்கு 38,000 தாண்டிவிடுகிறது. 2024-ல் 11,062 இடங்களுக்கு டிஎஸ்சி என்ற அரசு ஆசிரியர் தேர்வு அறிவிப்பு வந்து அக்டோபரிலேயே நியமன உத்தரவும் கொடுத்தார்கள். தில்சுக் நகர் கோச்சிங் சென்டர்களில் தனியார் பள்ளி டீச்சர்கள் ராத்திரி வகுப்புக்கு உட்கார்ந்திருப்பது இதற்காகத்தான்.

இதிலேயே இன்னொரு உஷார். 2025 செப்டம்பர் 1-ல் உச்ச நீதிமன்றம் டெட் என்ற ஆசிரியர் தகுதித் தேர்வு பற்றிச் சொன்ன தீர்ப்பைப் பலர் அரசு ஆசிரியர் சமாசாரம் என்று விட்டுவிட்டார்கள். ஒன்று முதல் எட்டு வரை பாடம் நடத்துகிறவர்களுக்கு, ஓய்வுபெற ஐந்து வருஷத்துக்கு மேல் இருந்தால், ஏற்கெனவே வேலையில் இருந்தாலும் இரண்டு வருஷத்துக்குள் டெட் தேற வேண்டும் என்பது தீர்ப்பு. சிறுபான்மைப் பள்ளிகள் கதை மட்டும் பெரிய அமர்வுக்குப் போயிருக்கிறது. உங்கள் பள்ளி நிர்வாகம் இதுவரை வாயே திறக்காமல் இருக்கலாம். சம்பள உயர்வு கேட்கும் அன்றைக்கு, "டெட் இருக்கா மேடம்?" என்று கேட்கும். தமிழ்நாட்டில் பி.எட். முடித்து இங்கே வந்தவர்கள் இதில் ரொம்பவே மாட்டுவோம். தெலங்கானா டெட் தேற பொதுப் பிரிவில் 150-க்கு 90.

சரி, நியமன உத்தரவு மாதிரிக் காகிதம் ஏன் முக்கியம் என்று 2020, 2021-ல் இந்த ஊர் பார்த்தது. மார்ச் 2020-ல் பள்ளிகள் மூடின. ஆன்லைன் வகுப்பு எடுத்தவர்களுக்குப் பாதிச் சம்பளம், பலருக்கு அதுவும் இல்லை. தனியார் பள்ளி ஆசிரியர்கள் தள்ளுவண்டியில் வியாபாரம் செய்ததும், நூறு நாள் வேலைக்கு மண் சுமந்ததும் பத்திரிகைகளில் படத்தோடு வந்தது. 2021 பிப்ரவரியில் பெரிய வகுப்புகளை மட்டும் திறந்து, மார்ச் கடைசியில் மறுபடி மூடினார்கள். ஏப்ரலில் சந்திரசேகர ராவ் அரசு ஓர் உதவி அறிவித்தது: அங்கீகாரம் பெற்ற தனியார் பள்ளிகளின் ஆசிரியர், ஊழியர் ஒவ்வொருவருக்கும் மாதம் 2,000 ரூபாய், ரேஷன் கடையில் 25 கிலோ அரிசி. வங்கிக் கணக்கு விவரத்தோடு விண்ணப்பிக்கச் சொன்னார்கள். எங்கள் தெருவில் ஒரு தெலுங்கு டீச்சர், ஒன்பது வருஷம் வேலை பார்த்தவர். கையில் நியமன உத்தரவு இல்லை, சம்பளம் கவரில் ரொக்கம், பள்ளிப் பதிவேட்டில் அவர் பெயருக்குப் பதில் வேறு யாரோ ஒருவர் பெயர். அந்த அரிசிக்குக்கூட அவர் அலைந்து தோற்றார்.

ஆகவே ரொக்கச் சம்பளத்துக்கு ஒத்துக்கொள்ளாதீர்கள். வங்கியில் போட்டுவிட்டுப் பாதியைத் திருப்பிக் கேட்கிற பள்ளிகளும் உண்டு என்று காதில் விழுகிறது. ஏடிஎம் கார்டை ஆபீஸில் கொடுத்து வைக்கச் சொன்னால் அன்றைக்கே கிளம்பிவிடுங்கள். சம்பளத்தில் 10 சதவீதம் டிடிஎஸ் பிடித்து 'புரொஃபஷனல் ஃபீஸ்' என்று காட்டினால், அவர்கள் புத்தகத்தில் நீங்கள் ஊழியரே இல்லை என்று அர்த்தம். பிஎஃப்பும் வராது, கிராஜுவிட்டிக்கும் இழுத்தடிப்பார்கள்.

கிராஜுவிட்டியைக் கொஞ்சம் நின்று சொல்ல வேண்டும், பெரும்பாலான டீச்சர்கள் கோட்டை விடுவது இதில்தான். 2004-ல் உச்ச நீதிமன்றம் ஆசிரியருக்கு இது இல்லை என்றது. நாடாளுமன்றம் 2009-ல் சட்டத்தைத் திருத்தி, 1997 ஏப்ரல் 3-லிருந்தே ஆசிரியரும் உண்டு என்றது. தனியார் பள்ளிகள் வழக்குப் போட்டன. 2022 ஆகஸ்ட் 29-ல் தோற்றன. கணக்கு இதுதான்: கடைசியாக வாங்கிய அடிப்படைச் சம்பளமும் அகவிலைப்படியும் சேர்த்து, 26-ஆல் வகுத்து, 15-ஆல் பெருக்கி, வருஷ எண்ணிக்கையால் பெருக்க வேண்டும். 26,000 ரூபாய், பத்து வருஷம் என்றால் ஒன்றரை லட்சம். பத்து வருஷம் உழைத்துவிட்டு ஒரு சால்வையும் சுவர்க் கடிகாரமும் வாங்கிக்கொண்டு வந்தவர்களை எனக்குத் தெரியும். கேட்டும் தராவிட்டால் தொழிலாளர் துறையில் கிராஜுவிட்டிக்கென்று உள்ள அதிகாரியிடம் போகலாம். லேபர் கோர்ட் கதவு சாத்தியிருந்தாலும் இந்தக் கதவு திறந்திருக்கிறது.

கிராஜுவிட்டியை மடக்கப் பள்ளிகள் செய்வது இரண்டு. ஒன்று, அடிப்படைச் சம்பளத்தைச் சின்னதாக எழுதி, மிச்சத்தை 'அலவன்ஸ்' என்று பிரிப்பது. 2025 நவம்பர் 21-ல் நான்கு தொழிலாளர் தொகுப்புச் சட்டங்கள் அமலுக்கு வந்துவிட்டன. படிகள் மொத்தத்தில் பாதிக்கு மேல் போனால் மிஞ்சியதை ஊதியமாகவே கணக்கில் எடுக்க வேண்டும் என்கின்றன. இரண்டாவது, வருஷா வருஷம் ஏப்ரலில் ராஜினாமா எழுதி வாங்கி ஜூனில் புது ஆளாகச் சேர்ப்பது. குறிப்பிட்ட கால ஒப்பந்தத்தில் இருப்பவர் கிராஜுவிட்டிக்கு வழக்கமான ஐந்து வருஷம் காத்திருக்க வேண்டாம், ஒரு வருஷமே போதும் என்பதும் அதே தொகுப்பில் இருக்கிறது. தேதி போடாத ராஜினாமாக் கடிதத்தில் மட்டும் தயவுசெய்து கையெழுத்துப் போடாதீர்கள்.

ஏப்ரல், மே-யில் வீடு வீடாக அனுப்பி அட்மிஷன் பிடிக்கச் சொல்வார்கள். கையில் நோட்டீஸ் கட்டு, தலைக்கு மேல் 42 டிகிரி வெயில். இத்தனை பிள்ளை சேர்த்தால்தான் மே மாதச் சம்பளம் என்று வாயால் சொல்வார்கள், எழுத்தில் தர மாட்டார்கள். அமீர்பேட்டையில் 'டீச்சர் பிளேஸ்மென்ட்' என்று பதிவுக் கட்டணம் கேட்கிறவர்களிடம் பணம் கட்ட வேண்டாம். வேலை தருகிற பள்ளி காசு கேட்காது.

செகந்திராபாத்தில் மஹபூப் கல்லூரி என்று இன்று அழைக்கப்படும் பள்ளியை 1862-ல் தொடங்கியவர் ஒரு தமிழர், சோமசுந்தரம் முதலியார். தமிழ் டீச்சர் என்றால் இந்த ஊரில் இன்னும் ஒரு மதிப்பு உண்டு, கணக்கும் இங்கிலீஷும் நன்றாகச் சொல்லித்தருவார்கள் என்று. அந்த மதிப்பைச் சம்பளத்தில் கேளுங்கள்.

மே மாதம் ஆஃபர் லெட்டர் தருவார்கள். உடனே கையெழுத்துக் கேட்பார்கள். ஒரு நாள் டைம் கேட்டு வீட்டுக்கு எடுத்து வாருங்கள். வருஷத்துக்கு எத்தனை மாதச் சம்பளம், அடிப்படை எவ்வளவு, பள்ளியின் பிஎஃப் கோடு எண் என்ன என்று மூன்றும் அதில் இருக்கிறதா பாருங்கள். சரிபார்க்க ஒரிஜினல் சர்டிபிகேட் கேட்டால் காட்டிவிட்டுக் கையோடு வாங்கி வந்துவிடுங்கள். பி.எட். சர்டிபிகேட் உங்கள் வீட்டு பீரோவில் இருக்கட்டும்; கரஸ்பாண்டெண்ட் பீரோவுக்குப் போனால் நீங்கள் நினைத்த நாளில் வேலையை விட முடியாது.