முயலுக்கு மூன்றே கால் என்றால் ஆட்டம் என்னாகும்?

விளையாட்டும் மனமும் பற்றிய நம் தொலைக்காட்சிக் கலந்துரையாடலில் தாயார் ஒருவர் எழுந்து இப்படிக் கேட்டார்: “என் மகனுக்கு 14 வயது. மாவட்ட அளவில் பூப்பந்து ஆடுகிறான். தோற்றால், கோட்டு நடுவர் தவறு, பயிற்றுநர் தவறு என்று சாதிக்கிறான். இனி அவனை அழைத்து வராதீர்கள் என்று பயிற்றுநரே சொல்லிவிட்டார். நான் என்ன செய்வது?”

அரங்கில் சிலர் சிரித்தனர். பிள்ளைகளைத் திடலுக்கு அழைத்துச் செல்லும் பெற்றோர் சிரிக்கவில்லை.

தான் பிடித்த முயலுக்கு மூன்றே கால் என்பார்கள். வீட்டில் இப்படி வாதாடினால் பொழுதுதான் வீணாகும். ஆட்டத்தில் வாதாடினால் புள்ளிகள் போகும். பூப்பந்தில் 2006 முதல், சர்வீஸ் யாருடையதாக இருந்தாலும் ஒவ்வொரு ரேலிக்கும் ஒரு புள்ளி. “பந்து உள்ளேதான் விழுந்தது” என்று மனத்துக்குள் முணுமுணுத்துக்கொண்டே ஆடுபவர், போன ஒரு புள்ளிக்காக அடுத்த மூன்று புள்ளிகளையும் விட்டுக்கொடுக்கிறார். அவர் சொன்னது உண்மையாகவே இருக்கலாம். அதனால் புள்ளிப் பலகை மாறுவதில்லை.

பெரிய போட்டிகளில் கேமரா மூலம் மறுபரிசீலனை கேட்கலாம். ஆனால், இருமுறை தவறாகக் கேட்டால் அந்த உரிமை போய்விடும். எப்போதும் தானே சரி என்று நினைப்பவர் அதை முதல் செட்டிலேயே இழந்துவிட்டு, உண்மையிலேயே தேவைப்படும் நேரத்தில் வெறுங்கையோடு நிற்பார்.

டென்னிஸ் வீரர் ஜான் மெக்கன்ரோவை எடுத்துக்கொள்ளுங்கள். 1990 ஆஸ்திரேலியப் பொது விருதின் நான்காம் சுற்றில், சுவீடனின் மிக்கேல் பெர்ன்ஃபோர்ஸை எதிர்த்து 2-1 செட் கணக்கில் முன்னணியில் இருந்தார். கோட்டு நடுவரை முறைத்தார், எச்சரிக்கை. மட்டையை உடைத்தார், ஒரு புள்ளி அபராதம். அதன் பிறகும் அதிகாரிகளைத் திட்டினார். போட்டியிலிருந்தே வெளியேற்றப்பட்டார். முன்பு நான்கு படிகளாக இருந்த தண்டனை விதி அவ்வாண்டு மூன்று படிகளாகக் குறைக்கப்பட்டிருந்தது. அவர் மனத்தில் இருந்ததோ பழைய விதி. தன் பக்கமே நியாயம் என்று வாதாடும் மனத்துக்கு விதி மாறியதுகூடத் தெரிவதில்லை.

இன்னொரு வகைப் பிடிவாதத்தில் சத்தமே இருக்காது. அது தன் உத்தியை விடாத பிடிவாதம். 1985 முதல் உலகச் சதுரங்கப் பட்டத்தை வைத்திருந்த கேரி காஸ்பரோவ், 2000-ஆம் ஆண்டு லண்டனில் விளாடிமிர் கிராம்னிக்கைச் சந்தித்தார். கறுப்புக் காய்களோடு ஆடி இரண்டு ஆட்டங்களில் தோற்ற காஸ்பரோவ், வெள்ளைக் காய்களோடு ஈடுகட்ட வேண்டும். ஆனால் கிராம்னிக் பெர்லின் தற்காப்பு என்ற முறையைக் கையாண்டார். இதில் இராணிகள் ஆரம்பத்திலேயே வெட்டுப்பட்டுவிடும். தாக்கி ஆடுவதில் மன்னரான காஸ்பரோவுக்கு இது ஒத்துவராத களம். இடையில் வேறு தொடக்கங்களையும் முயன்றார்தான். ஆனாலும் 1, 3, 9, 13-ஆம் ஆட்டங்களில் அதே சுவரில் போய் முட்டினார். நான்கும் சமநிலை. முடிவு 8.5-6.5. ஓர் ஆட்டத்தில்கூட வெல்லாமல் பட்டத்தை இழந்தார். திறமை குறைந்தா தோற்றார்? இல்லை. அந்தச் சுவரை உடைத்தே காட்டுவேன் என்ற எண்ணமும் அவருக்கு எதிராகவே ஆடியது.

அப்படியென்றால் விளையாட்டாளருக்கு உறுதியே கூடாதா? கட்டாயம் வேண்டும். நம் நிக்கோல் டேவிட்டைப் பாருங்கள். 1999, 2001 ஆகிய ஆண்டுகளில் உலக இளையோர் ஸ்குவாஷ் பட்டத்தை வென்றவர். “எனக்கு எல்லாம் தெரியும்” என்று அதோடு நின்றுவிடவில்லை. ஆம்ஸ்டர்டாம் சென்று லிஸ் இர்விங்கிடம் மாணவியாகச் சேர்ந்தார். 2005-இல் ஹாங்காங்கில் முதல் உலகப் பட்டம் கிடைத்தது. மொத்தம் எட்டு முறை உலக வெற்றியாளர் ஆனார். இலக்கில் உறுதியாக இருந்தார், வழியை மாற்றிக்கொள்ளத் தயங்கவில்லை. பிடிவாதக்காரர்களோ வழியைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டு இலக்கைக் கோட்டை விடுகிறார்கள்.

அந்தத் தாயாருக்கும் மற்ற பெற்றோருக்கும் மூன்று யோசனைகள். ஒன்று, ஆட்டம் முடிந்ததும் “யார் தவறு?” என்று கேட்காதீர்கள். “அடுத்த முறை எதை மாற்றுவாய்?” என்று கேளுங்கள். இரண்டு, நடுவரின் தீர்ப்பு பிடிக்கவில்லையா? மூச்சை ஒருமுறை இழுத்துவிட்டு, மட்டையைப் பார்த்து, அடுத்த சர்வீஸுக்குத் தயாராகும் பழக்கத்தைப் பயிற்சியிலேயே ஏற்படுத்துங்கள். மூன்று, திடலோரத்தில் நின்று நடுவரை நீங்கள் ஏசாதீர்கள். பிள்ளை முதலில் படிப்பது நம்மைப் பார்த்துத்தான்.

தோல்விக்குப் பிறரைக் காரணம் காட்டும் பிள்ளை பொய் சொல்கிறது என்று நினைக்க வேண்டாம். பெரும்பாலும் அது பயம். “தவறு என்னுடையது என்றால் எனக்குத் திறமை இல்லை என்று ஆகிவிடுமோ” என்ற பயம். தவறைத் திருத்திக்கொள்வதும் ஒரு திறமைதான் என்று வீட்டில் சொல்லிக்கொடுத்தால், திடலில் பாதி ஆட்டம் வென்றாயிற்று.