அரிசிக்குள்ள வச்சா காயுமா? நனைஞ்ச வேப், ஒரு புயல் ராத்திரி

இந்த எபிசோடுக்குக் காரணம் ஒரு வாய்ஸ் நோட். "ப்ரோ, பைக்ல வரும்போது மழையில என் வேப் நனைஞ்சிடுச்சு. எப்படி காய வைக்கிறது? எப்படி கிளீன் பண்றது?" அவ்வளவுதான் கேள்வி. நான் உடனே பதில் போட்டேன்: சார்ஜ் போடாதீங்க, வீட்டுக்கு வெளியே வையுங்க, மறுபடி வாயில வைக்காதீங்க. அவர் "ஏன் ப்ரோ?" என்று கேட்டார். அந்த ஏனுக்கு வாய்ஸ் நோட்டில் பதில் சொல்ல முடியாது.

புகை நல்லதா கெட்டதா என்று நான் இங்கே கிளாஸ் எடுக்கப் போவதில்லை. அதை உங்க வீட்டிலேயே எடுப்பாங்க. இது எலெக்ட்ரானிக்ஸ் பற்றிய எபிசோடு. கூடவே கொஞ்சம் அரிசி பற்றியும்.

2024 நவம்பர் 30, சனிக்கிழமை. ஃபெஞ்சல் புயல் புதுச்சேரி பக்கத்தில் கரையைக் கடந்த ராத்திரி. நான் கூட்டேரிப்பட்டில் சித்தி வீட்டில் இருந்தேன். திண்டிவனத்தில் இருந்து விழுப்புரம் போகும் வழியில், மயிலம் போகிற ரோடு பிரியும் இடம் அது. சென்னையில் இருந்து ஊருக்குப் போகிற பாதிப் பேர் அந்த ஊரைத் தூக்கத்திலேயே தாண்டியிருப்பீங்க. கரையைத் தொட்ட பிறகு புயல் நகரவே இல்லை, அங்கேயே நின்று கொட்டியது. பக்கத்தில் மயிலத்தில் ஒரே நாளில் 51 சென்டிமீட்டர் பதிவானது. ஒரு ஸ்கேலை எடுத்து தரையில் நிறுத்திப் பாருங்க, முழங்காலுக்கு வரும். ஓடி வடியாமல் ஒரே இடத்தில் நின்றால் அவ்வளவு உயரம்.

விடிகாலை மூன்று மணிக்குத் தண்ணி வீட்டுக்குள் வந்தது. மழைத்தண்ணி மட்டும் இல்லை. தெரு சாக்கடை, ஏரித்தண்ணி, மாட்டுக்கொட்டகை எல்லாம் சேர்ந்த காபி கலர் தண்ணி. எல்லோரும் பாத்திரத்தையும் ரேஷன் கார்டையும் தூக்கிக்கொண்டிருந்த நேரத்தில், சித்தி பையன் தேடியது தரையில் வைத்திருந்த காலேஜ் பேக்கை. அதற்குள் போன், இயர்பட்ஸ், அப்புறம் வீட்டில் யாருக்கும் தெரியாத ஒரு வேப். பெயர் சொல்ல மாட்டேன்னு அவனுக்கு சத்தியம் பண்ணியிருக்கேன், அதனால 'தம்பி'ன்னே வச்சுக்கலாம்.

காலையில் கரண்ட் இல்லை. வீட்டிலேயே காய்ந்த ஒரே இடம் சமையலறை மேடைமேல் இருந்த அரிசி டிரம். தம்பி எல்லார் கண்ணெதிரிலேயும் போனை அதற்குள் புதைத்தான். "நல்ல ஐடியாடா" என்று சித்தப்பாவே சொன்னார். போனுக்குக் கீழே, இன்னும் ஆழத்தில், வேப்பையும் புதைத்து வைத்தது அப்போது யாருக்கும் தெரியாது.

சாயங்காலம் சித்தி சமையலறையில் இருந்து குரல் கொடுத்தாங்க.

"என்னடா இது, மாம்பழ வாசனை வருது? கருகின மாதிரியும் இருக்கு."

டிரம்மைத் திறந்தேன். போனை எடுத்துவிட்டு அரிசியைக் கிளறினால் உள்ளே நீலமாக ஒரு லைட் விட்டு விட்டு எரிகிறது. தொட்டேன், சுட்டது. சுற்றி ஒரு கைப்பிடி அரிசி பழுப்பாகி, பிசுபிசுவென்று ஒட்டிக்கொண்டிருந்தது. யாரும் அதை இழுக்கவில்லை, யாரும் பட்டனை அமுக்கவில்லை, அதில் பட்டனே கிடையாது. அதுவாகவே புகைத்துக்கொண்டிருந்தது.

"என்னடா இது?"

"வேப்மா..."

"வேப்பெண்ணெயா?"

சிரிப்பு வருது இல்ல? அன்னைக்கு யாரும் சிரிக்கல.

சரி, உள்ளே என்ன நடந்தது? இந்த மாதிரி வேப்புக்குள் நான்கு விஷயங்கள்தான். ஒரு லித்தியம் அயான் பேட்டரி, ஒரு குட்டி சர்க்யூட் போர்டு, திரவத்தில் ஊறின பஞ்சைச் சுற்றிய ஒரு கம்பிச்சுருள், இழுக்கிறோமா இல்லையா என்று கண்டுபிடிக்கிற ஒரு சென்சார். கதையில் வில்லன் அந்த சென்சார். போனில் இருக்கும் மைக் மாதிரியே, பட்டாணி சைசில் இருக்கும். உள்ளே ஒரு மெல்லிய தகடு. நீங்கள் காற்றை இழுத்தால் அழுத்தம் குறைந்து தகடு லேசாக வளையும், அதன் கெப்பாசிட்டன்ஸ் மாறும். உடனே போர்டு பேட்டரியில் இருந்து கம்பிச்சுருளுக்குக் கரண்டைத் திறந்துவிடும்.

இப்போ அந்தத் தகட்டில் ஒரு சொட்டுத் தண்ணி உட்கார்ந்தால்? கெப்பாசிட்டன்ஸ் அப்பவும் மாறும். போர்டுக்குத் தண்ணிக்கும் வாய்க்கும் வித்தியாசம் தெரியாது. யாரோ இழுக்கிறாங்க என்று நினைத்து சூடேற்றும். பெரும்பாலான வேப்களில் சில நொடிகளில் தானாக நின்றுவிடுகிற கட்-ஆஃப் இருக்கும். ஆனால் சொட்டு அங்கேயே இருந்தால் நின்று நின்று மறுபடி ஆரம்பிக்கும். அந்தக் கம்பிச்சுருள் 200 டிகிரியைச் சர்வசாதாரணமாகத் தொடும். அதைக் கொண்டுபோய் அரிசிக்குள் புதைத்தால், சூடு வெளியே போக வழியில்லாமல் பக்கத்திலேயே இருக்கிற பேட்டரிக்குப் போகும். லித்தியம் பேட்டரி ஓர் அளவுக்கு மேல் சூடானால் உள்ளே நடக்கிற வேதிவினையே மேலும் சூட்டை உண்டாக்கும், அந்தச் சூடு வினையை இன்னும் வேகமாக்கும். அந்தக் கட்டத்தைத் தாண்டினால் நாம் நினைத்தாலும் நிறுத்த முடியாது. எங்க வீட்டில் அந்த அளவுக்குப் போகவில்லை. மேடைக்கு அடியில் கேஸ் சிலிண்டர் இருந்தது என்பதை மட்டும் சொல்லிவிடுகிறேன்.

தம்பியைத் தனியா கூப்பிட்டுக் கேட்டேன்: "உள்ள வைக்கிறதுக்கு முன்னாடி ஏதாச்சும் பண்ணியா?"

"பவர் பேங்க்ல சொருகிப் பார்த்தேண்ணா. லைட் எரிஞ்சுது. அதான் நல்லா இருக்குன்னு நினைச்சேன்."

எல்லோரும் செய்கிற தப்பு இதுதான், வேப்புக்கு மட்டும் இல்லை. போன், இயர்பட்ஸ், ரிமோட், எது நனைந்தாலும் முதலில் "ஆன் ஆகுதா" என்று பார்ப்போம். தண்ணி மட்டும் எலெக்ட்ரானிக்ஸைக் கொல்வது குறைவு. உப்பும் அழுக்கும் கலந்த தண்ணி, அதோடு கரண்ட், இந்த ஜோடிதான் கொல்லும். பத்தாம் வகுப்பு லேபில் காப்பர் சல்பேட் கரைசலில் இரண்டு தகடுகளை வைத்து பேட்டரி கொடுத்தது ஞாபகம் இருக்கா? ஒரு பக்கத்துச் செம்பு கரைந்து மறுபக்கம் போய் ஒட்டும். நனைந்த போர்டில் நடப்பதும் அதே. தண்ணியைப் பிரிக்கக் குறைந்தபட்சம் 1.23 வோல்ட் போதும், இந்த பேட்டரி கொடுப்பது 3.7 வோல்ட். முடி அளவு இடைவெளியில் இருக்கும் இரண்டு செம்புக் கோடுகளுக்கு நடுவே செம்பு கரைந்து, நகர்ந்து, பாலம் கட்டும். அந்தப் பாலம்தான் ஷார்ட். பச்சையாகப் பூத்த மாதிரி ஒன்றை சர்வீஸ் கடைக்காரர் காட்டுவாரே, அது அதன் மிச்சம்.

அதனால் 'காய்ந்துவிட்டது' என்பது ஒரு பொய்யான நிம்மதி. தண்ணி ஆவியாகப் போகும், உப்பும் சேறும் உள்ளேயே இருக்கும். அடுத்த முறை காற்றில் ஈரம் ஏறும்போது அந்த உப்பு மறுபடி ஈரத்தைப் பிடிக்கும். 2022-ல் இயன் புயலுக்குப் பிறகு அமெரிக்காவின் ஃப்ளோரிடாவில் கடல்தண்ணியில் மூழ்கிய எலெக்ட்ரிக் கார்கள் சில, தண்ணி வடிந்த பிறகு தீப்பிடித்தன. கார் பேட்டரியும் வேப் பேட்டரியும் ஒரே குடும்பம், சைஸ்தான் வேற.

இப்போ அரிசி. அரிசிக்கு ஈரத்தை இழுக்கிற குணம் இருக்கு, அது உண்மை. ஆனால் அது சுற்றியிருக்கும் காற்றில் உள்ள ஈரத்தை மெதுவாக எடுக்கும். போர்டுக்கு அடியில், சிப்புக்குக் கீழே மாட்டிக்கொண்ட சொட்டை அரிசி எப்படி இழுக்கும்? காய வைப்பது காற்றோட்டம். டிரம்முக்குள் இல்லாதது அதுதான். அரிசித் தவிடு போர்ட்டுக்குள் போய் ஈரத்தோடு கஞ்சியாகும், அது போனஸ். ஆப்பிள் நிறுவனமே தன் உதவிப் பக்கத்தில் ஐபோனை அரிசிப் பையில் போடாதீங்க என்று எழுதியிருக்கிறது. ஹேர் டிரையரும் வேண்டாம் என்கிறது. அதைவிட எளிமையான ஒரு கணக்கு: அந்த வாரம் கொடியில் போட்ட துணி மூன்று நாளாகக் காயவில்லை. காற்றே ஊறிப்போயிருந்தது. துணிக்கு இல்லாத அதிர்ஷ்டம் போனுக்கு மட்டும் வருமா?

போனுக்கு என்ன செய்வது என்று சீக்கிரம் சொல்லிடுறேன். ஆஃப் பண்ணுங்க, சார்ஜ் போடாதீங்க, போர்ட்டைக் கீழே பார்த்துப் பிடித்து மெதுவாகத் தட்டுங்க, காற்று வரும் இடத்தில் வையுங்க. வெள்ளத்தண்ணி என்றால் இதோடு நிறுத்தாதீங்க. சர்வீஸ் கடையில் திறந்து ஐபிஏ என்று அவர்கள் சொல்கிற ஐசோபுரோப்பைல் ஆல்கஹாலில் பிரஷ் போட்டுக் கழுவச் சொல்லுங்க. அது தண்ணியோடு கலந்து அதை இழுத்துக்கொண்டே ஆவியாகும், பிரஷ் உப்பையும் சேற்றையும் எடுக்கும். வீட்டில் இருக்கும் சானிடைசர் அதற்கு மாற்று இல்லை. அதில் தண்ணியும் கிளிசரினும் இருக்கும். ஐபி68 என்று பெட்டியில் போட்டிருந்ததே என்று கேட்காதீங்க, அந்த டெஸ்ட் நல்ல தண்ணியில் செய்வது, கூட்டேரிப்பட்டு சாக்கடையில் இல்லை.

அப்போ வேப்பையும் இதே மாதிரி கழுவலாமே? முடியாது. காரணம் போர்டு இல்லை, பஞ்சு. அதில் ஊறியிருக்கும் புரோப்பிலீன் கிளைகாலும் கிளிசரினும் தண்ணியோடு அழகாகக் கலந்துவிடும் திரவங்கள். வெள்ளத்தண்ணி உள்ளே போனால் அது பஞ்சிலேயே தங்கிவிடும், பிரிக்க வழியில்லை. அதைச் சூடாக்கி நேரா நுரையீரலுக்குள் இழுப்பது என்றால், சாக்கடையை ஆவி பிடிக்கிற மாதிரி. கழற்றி மாற்றுகிற மாடலில் பஞ்சையும் காயிலையும் தூக்கிப் போடலாம், ஆனால் சென்சாரும் பேட்டரியும் அதேதான். ஒட்டி சீல் பண்ணிய ஒருமுறை வேப்பைத் திறக்கவே கூடாது. ஸ்க்ரூடிரைவர் சறுக்கி பேட்டரியைக் குத்தினால் முடிந்தது கதை.

இன்னொன்று, எங்க வீட்டில் எனக்கு ரொம்ப உறுத்தியது. அந்தப் பிசுபிசுப்பு நிகோட்டின் கலந்த திரவம். தோல் வழியாகவே உடம்புக்குள் போகும். குழந்தைகளுக்கு வாய்க்குள் போனால் விஷம். ஒழுகினால் கையுறை போட்டுத் துடைக்கணும், சோப்புப் போட்டுக் கை கழுவணும். இது ஒழுகியது அரிசி டிரம்மில். பக்கத்து வீட்டுக் குட்டிப் பாப்பா உட்பட ஏழு பேர் அன்று ராத்திரி அந்த அரிசியில்தான் சாப்பிட இருந்தோம். எவ்வளவு ஆழத்துக்கு இறங்கியிருக்கும் என்று யாருக்குத் தெரியும்? கழுவிடலாமே என்று சித்தி கேட்டாங்க. வேண்டாம் என்று நான்தான் பிடிவாதம் பிடித்தேன். கடை இல்லை, ரோட்டில் தண்ணி, டிரம்மில் பத்துப் பன்னிரண்டு கிலோ. பின்பக்கம் குழி வெட்டிக் கொட்டினோம். சித்தப்பா ஒரு வார்த்தை பேசவில்லை. கொட்டி முடித்த பிறகு தம்பியிடம் ஒரே கேள்வி கேட்டார்.

"அது என்ன விலைடா?"

"ஆயிரத்து எட்டுநூறுப்பா."

அதற்குமேல் அவர் எதுவும் கேட்கவில்லை. அன்று ராத்திரி எங்களுக்கு பக்கத்து வீட்டில் இருந்து வந்த ரவா உப்புமா.

தம்பி ஏன் என்கிட்டகூட முதலிலேயே சொல்லவில்லை? பயம்தான். தமிழ்நாட்டில் 2018-லேயே இ-சிகரெட்டுக்குத் தடை வந்தது, 2019-ல் நாடு முழுவதும் சட்டமே வந்தது. விற்றால் முதல் தடவைக்கே ஓராண்டு வரை சிறை அல்லது ஒரு லட்சம் வரை அபராதம், அல்லது இரண்டும். ஸ்டாக் வைத்திருந்தால் ஆறு மாதம் வரை. அந்தச் சட்டம் சரியா தப்பா என்பது வேறொரு எபிசோடு. என் பாயின்ட் சின்னது: தடை செய்த பொருளுக்கு சர்வீஸ் சென்டர் கிடையாது, கஸ்டமர் கேர் கிடையாது, ஒழுங்கான மேனுவல்கூடக் கிடையாது. நனைந்தால் யாரிடம் கேட்பது? அதனால்தான் பசங்க அரிசி டிரம்மைத் தேடுறாங்க, வாய்ஸ் நோட் அனுப்புறாங்க. தூக்கிப் போடுவதிலும் அதே சிக்கல். குப்பை வண்டியில் போட்டால் அது நசுங்கி வண்டியிலேயே பற்றிக்கொள்ளலாம். துப்புரவுப் பணியாளர் கையில் அது வெடிக்க வேண்டுமா?

நாங்க செய்தது இது. இடுக்கியால் எடுத்து ஒரு மண்சட்டியில் போட்டு, துணி துவைக்கிற கல்மேல், ஓட்டுச் சரிவுக்குக் கீழே, சுவரை விட்டுத் தள்ளி வைத்தோம். மேலே எதையும் மூடவில்லை. சூடு இருக்கா, வீங்குதா என்று தூரத்தில் நின்று பார்த்தோம். ராத்திரி ரெண்டு முறை லைட் எரிந்தது, காலையில் நின்றுவிட்டது. அப்புறமும் ஒரு வாரம் அங்கேயே கிடந்தது. பிறகு சார்ஜ் போர்ட்டுக்கு இன்சுலேஷன் டேப் ஒட்டி, இ-வேஸ்ட் வாங்குகிற இடத்தில் "பேட்டரி இருக்கு, தண்ணியில நனைஞ்சது" என்று சொல்லிக் கொடுத்தேன். சட்டத்தின் எழுத்துப்படி அதை எடுத்துக்கொண்டு போவதுகூட எனக்குப் பிரச்சினைதான், தெரியும். சமையலறையில் வைத்திருப்பதைவிட அது பரவாயில்லை என்று பட்டது. அந்த அண்ணன் என்னை ஒரு பார்வை பார்த்துவிட்டு தனியா ஒரு தகர டப்பாவில் போட்டார்.

தம்பியின் போனை திண்டிவனத்தில் ஒரு கடையில் திறந்து கழுவினாங்க. பிழைச்சிடுச்சு. மைக் மட்டும் கம்மல், போன் பண்ணினா கிணத்துக்குள்ள இருந்து பேசுற மாதிரி இருக்கும். இந்த எபிசோடுக்கு அவன் அனுப்பிய வாய்ஸ் கிளிப்பை அதனாலதான் போட முடியல.