எலும்பல்லாத எலும்பு

மலேசியாவின் லூமுட் பக்கத்து வீடுகளில் ஞாயிற்றுக்கிழமை ஆட்டுக்கறி வெந்தால், சப்பிப் போட்ட எலும்பு பின்வாசலில் காத்திருக்கும் நாய்க்குப் போகும். தோட்டத்துக் காலத்திலிருந்து வரும் பழக்கம். ஆனால் வெந்த எலும்பு கடித்தால் சில்லுச் சில்லாக உடையும். கூரான துண்டு தொண்டையிலோ குடலிலோ குத்தி நிற்கும். அதில் ஒட்டியிருக்கும் வெங்காயமும் பூண்டும் நாயின் இரத்தச் சிவப்பணுக்களைச் சிதைக்கக்கூடியவை.

கடையில் பொட்டலம் போட்டு விற்கும் எலும்பாவது பரவாயில்லையா என்றால், அதுவும் இல்லை. வறுத்தும் புகைபோட்டும் விற்ற எலும்புத் தீனிகளால் சுமார் 90 நாய்கள் நோயுற்றன, 15 இறந்தன என்று தனக்கு வந்த புகார்களை வைத்து அமெரிக்க உணவு மருந்து நிர்வாகம் 2017இல் எச்சரித்தது.

அதே கடைகளில் இரு முனையிலும் முடிச்சுப் போட்டு விற்கும் வெள்ளை எலும்பு வேறு சங்கதி. அது மாட்டுத் தோல். ஆம்பூர், ராணிப்பேட்டைக்காரர்களுக்குத் தெரிந்த வேலைதான்: சுண்ணாம்பில் ஊறி முடி உதிர்ந்த தோலை இயந்திரம் இரண்டு அடுக்காகப் பிளக்கும். மேலடுக்கு செருப்பும் பையும் ஆகும். உள்ளடுக்கைப் பதனிடாமல் கழுவி, ஹைட்ரஜன் பெராக்சைடில் வெளுத்து, ஈரத்தோடு முறுக்கிக் காயவைத்தால் நாய்த் தீனி. சில்லாக உடையாது என்பது நல்லது. பெரிய துண்டாக விழுங்கினால் வயிற்றில் ஊறிப் பருத்துக் குடலை அடைக்கலாம் என்பது கெட்டது. அதனால்தான் இப்போது தோலை அரைத்தோ, மாவுப் பொருள் சேர்த்தோ, எளிதில் கரையும்படி அச்சில் அழுத்துகிறார்கள். வாங்கும்போது நகத்தால் அழுத்திப் பாருங்கள். தடம் பதியாவிட்டால் வேண்டாம். மான் கொம்பு, மாட்டுக் குளம்பு போன்ற கடினமானவற்றைக் கடித்து மேல்தாடைக் கடைவாய்ப்பல்லைப் பிளந்துகொள்ளும் நாய்கள் உண்டு.

இந்தத் தோல் தீனிக்கு ருசி சேர்ப்பது எளிது. நாயின் நாக்கில் சுவை மொட்டுகள் ஏறக்குறைய 1,700தான், நமக்கு 9,000. அதற்கு ருசி பெரும்பாலும் மூக்கின் வழியே வருகிறது. ஆலைகள் ஈரலை நொதியால் கரைத்த கூழை மேற்பரப்பில் தெளிப்பது இதற்காகவே. நமக்குப் பாங்கோர் தீவின் நெத்திலி இருக்கிறது! ஆனால் அதைப் படகிலேயே உப்பு நீரில் அவிப்பதால் உப்பு அதிகம், நாய்க்கு ஆகாது. நன்றாக ஊறவைத்துத் தண்ணீரைக் கொட்டிவிட்டு, புதுத் தண்ணீரில் வேகவைத்து, அந்தச் சாற்றை வெதுவெதுப்பாக மேலே தடவி உடனே கொடுத்தால் போதும். ஊறியதை மிச்சம் வைக்கக் கூடாது, கிருமி சேரும்.

கடிக்கும்போது ஆள் பக்கத்தில் இருக்க வேண்டும். ஒரே வாயில் விழுங்கும் அளவுக்குத் தேய்ந்ததும் வாங்கிவிட வேண்டும். கொடுக்க மறுத்தால், வெந்த நெத்திலி ஒன்றைக் காட்டினால் வாயைத் திறக்கும்.